மகாராஜாவைக் கட்டிய புளியமரம்

உதயகுமாரியைப் பார்த்து "களைப்பாக இருக்கிறீர்களா?" என்று யாரும் கேட்பதில்லை. களைத்த முகம்தான் அவளுடைய முகம் என்று எல்லோரும் பழகிவிட்டார்கள். பிறந்தது களுவாஞ்சிகுடி. குடியிருப்பது ஒஸ்லோவில், புருசெத் மாடி வீடொன்றில். முதியவர்களின் வீடுவீடாகப் போய்க் குளிப்பாட்டி, உடுத்தி, மருந்தும் சாப்பாடும் கொடுத்துவிட்டு வருவது வேலை. இருபது வருடத்துக்கு மேல் இதே ஓட்டம். வலது தோள் எப்போதோ தகராறு பண்ணத் தொடங்கிவிட்டது. பாரம் தூக்காதே என்று வைத்தியர் சொன்னார். மனிதர்கள் பாரத்தில் சேர்த்தியா இல்லையா என்று அவரிடம் கேட்டுத் தெரிந்துகொள்ள அவளுக்கு நேரம் கிடைக்கவில்லை.

எந்த வீட்டில் எவ்வளவு நேரம் நிற்கலாம் என்று வேலையிடத்தில் கொடுத்த கைபேசி சொல்லும். நேரம் முடிந்தால் கீச்சென்று கத்தும். குளிப்பாட்ட இவ்வளவு, மருந்துக்கு இவ்வளவு என்று எல்லாவற்றுக்கும் அதில் கணக்கு உண்டு. உட்காருவதற்கு மட்டும் இல்லை. அவளும் எந்த வீட்டிலும் உட்கார்ந்ததில்லை. உட்கார்ந்தால் எழும்ப மனம் வராது என்ற பயமும் இருந்தது.

காலையில் முதல் வீடு அம்மருட் என்ற பகுதியில், பியாரா சிங்குடையது. ஒரு காலத்தில் இந்த நகரத்தில் பேருந்து ஓட்டிய மனிதர். மனைவி காலமாகிவிட்டார். மகள் பரம்ஜீத்துக்கு விமான நிலையத்தில் வேலை, விடியுமுன் போய்விடுவாள். கிழவருக்கு ஞாபகம் கரைந்துகொண்டு வந்தது. நேற்று நடந்தது இன்று இருக்காது. காலையில் அவரைத் தொட்டுக் கழுவப் போன ஆண்கள், பெண்கள் அத்தனை பேரையும் கூச்சல் போட்டுத் துரத்தியிருந்தார். உதயகுமாரியை மட்டும் துரத்தவில்லை. முதல் நாள் அவர் தலைப்பாகையைக் கழற்ற வேண்டி வந்தபோது, அவள் அதைக் கட்டிலில் போடாமல் உயரத் தட்டில் எடுத்து வைத்தாள். தலையில் ஏறுகிற பொருளைக் கால் படுகிற இடத்தில் வைக்கக் கூடாது என்பது அவள் வீட்டுப் பழக்கம். அதில் பெரிய பக்தி ஒன்றும் இல்லை. ஆனால் கிழவர் அதைக் கவனித்துவிட்டார். அன்றிலிருந்து அவள் அவருக்கு 'பேட்டி', அதாவது மகள். அவளுக்கு அவர் ஐயா. இருவரும் பேசுவது உடைந்த நோர்வேஜிய மொழிதான் என்றாலும், அவள் காதில் அது ஊர்த் தமிழாகவே விழும்.

காலைச் சாப்பாடு சாப்பிட்டாரா என்பது பியாரா சிங்குக்கு மறந்துபோகும். லாகூரை ஆண்ட மகாராஜா ரஞ்சித் சிங் மட்டும் மறக்கவே மாட்டார். சட்டை மாட்டும்போது லாகூர். மருந்து விழுங்கும்போது அமிர்தசரஸ். அம்மை நோயில் சிறு வயதிலேயே இடது கண்ணைப் பறிகொடுத்தவராம். அமிர்தசரஸ் கோயிலுக்குப் பொன் தகடு போர்த்தியவராம். நாணயத்தில் தன் பெயரைப் போடாமல் குருவின் பெயரைப் போட்டவராம். பஞ்ச காலத்தில் அரண்மனைக் களஞ்சியத்தைத் திறந்துவிட்டு, மாறுவேடத்தில் போய், ஒரு கிழவனின் தானிய மூட்டையைத் தன் முதுகில் சுமந்து அவன் குடிசை வரைக்கும் கொண்டுபோனாராம்.

அந்த மூட்டைக் கதையைக் கேட்கும் போதெல்லாம் உதயகுமாரிக்கு எரிச்சல் வரும். ராசா ஒரு நாள் ஒரு மூட்டையைத் தூக்கினார், இருநூறு வருடமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். அவள் தினமும் ஆட்களைத் தூக்குகிறாள், அவளைப் பற்றிப் புருசெத் கடைத்தெருவில்கூட ஒரு பேச்சில்லை. இதை அவள் வாய்விட்டுச் சொன்னதில்லை. "காலைத் தூக்குங்கோ ஐயா" என்று காலுறையை மாட்டிவிடுவாள்.

கதையின் கடைசிப் பகுதி வந்தால் கிழவரின் குரல் இறங்கிவிடும். மகாராஜா கண்ணை மூடிப் பத்து வருடத்துக்குள் பிள்ளைகளும் மந்திரிகளும் அடிபட்டு, ராச்சியமே வெள்ளைக்காரன் கைக்குப் போனது. கடைசி மகன் துலீப் சிங் சிறு பையன். அவனைக் கிறிஸ்தவனாக்கி, முடியை வெட்டி, இங்கிலாந்துக்குக் கொண்டுபோனார்கள். ராச்சியம் போனதைச் சொல்லும்போது பியாரா சிங் அழ மாட்டார். கோகினூர் வைரம் போனதற்கும் அழ மாட்டார். அந்தப் பிள்ளையின் முடி போனதைச் சொல்லும்போது தவறாமல் அழுவார். அவளும் தவறாமல் துடைத்துவிடுவாள். முடிக்குப் போய் இவ்வளவா என்று ஒருநாளும் அவள் யோசித்துப் பார்க்கவில்லை. யோசித்திருக்கலாம்.

மாசி மாதத்தில் கிழவருக்குக் காய்ச்சல் வந்து ஒரு கிழமை ஆளைப் போட்டுப் புரட்டியது. வியர்வையில் ஊறி, தலையணையில் உரசி, காதுக்குப் பின்னால் முடி சடைபிடித்து ஒரு தேசிக்காய் அளவுக்குக் கட்டியாகிவிட்டது. தேங்காயெண்ணெய் வைத்துப் பார்த்தாள். சீப்பால் சிக்கெடுத்துப் பார்த்தாள். அவர் அரை மயக்கத்தில் குழந்தை மாதிரி முனகினார். பையில் நகம் வெட்டும் கத்தரிக்கோல் கிடந்தது. எடுத்து வெட்டிவிட்டாள்.

சீக்கியர்கள் முடி வெட்டுவதில்லை என்று அவளுக்குத் தெரியாதா? தெரியும். ஆனால் அது சலூனுக்குப் போகக் கூடாது, அழகு பார்க்கக் கூடாது என்ற கட்டுப்பாடு என்று நினைத்திருந்தாள். நோயாளியின் முடியைத் தெய்வத்துக்குக் கொடுப்பது அவள் கணக்கில் வெட்டுவதே அல்ல. அவள் மகனுக்குச் சின்ன வயதில் காய்ச்சல் கடுமையானபோது ஊர் மாமாங்கேஸ்வரர் கோயிலில் மொட்டை போடுவதாக நேர்த்தி வைத்தாள், பிள்ளை பிழைத்தான். அவளுக்குத் தெரிந்த மருந்துகளில் அதுவும் ஒன்று. "முருகா, இந்த மனுசனைக் காப்பாத்து" என்று சொல்லித்தான் வெட்டினாள். முடியைக் கடதாசியில் சுற்றிப் பைக்குள் வைத்தாள், கோயிலில் சேர்க்கலாம் என்று.

அன்று பின்னேரம் பரம்ஜீத்துக்குத் தொலைபேசியில் காய்ச்சல் இறங்கியதைச் சொல்லும்போது, முடி விஷயத்தையும் நல்ல செய்தி போலவே சொன்னாள்.  பரம்ஜீத் அழுதாள். பிறந்ததிலிருந்து அப்பாவின் தலையில் கத்தரிக்கோல் பட்டதில்லை என்றாள். உதயகுமாரிக்கு அப்போதுதான் தான் செய்தது என்னவென்று உறைத்தது. பரம்ஜீத் கெட்ட பெண் அல்ல. திட்டவில்லை, மேலிடத்தில் முறையிடவும் இல்லை. அன்றிரவே புருசெத்துக்கு வந்து அந்தப் பொட்டலத்தை வெள்ளைத் துணியில் வாங்கிக்கொண்டு போனாள். போகும்போது ஒன்றே ஒன்று கேட்டாள். அப்பா கேட்டால் காய்ச்சலில் கொட்டிவிட்டது என்று சொல்ல வேண்டும். உண்மை தெரிந்து அவர் உதயகுமாரியையும் துரத்திவிட்டால், வீட்டில் வைத்துப் பராமரிக்க வேறு ஆள் இல்லை. முதியோர் இல்லம்தான் என்று நகரசபை ஏற்கெனவே சொல்லியிருந்தது.

உதயகுமாரியின் கணவர் குணசிங்கத்துக்கும் அதே அபிப்பிராயம். "உண்மையச் சொல்லி என்னத்தச் சாதிக்கப் போறாய் புள்ள? கிழவனைக் கொண்டுபோய் முதியோர் இல்லத்துல போட்டாங்க எண்டா அந்தப் பாவமும் உன்ட தலையிலதான்" என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் படுத்தார்.

காய்ச்சல் விட்ட முதல் காலை. கிழவரின் விரல்கள் காதுக்குப் பின்னால் போயின. தடவின. மறுபடி தடவின.

"யார் வெட்டினது? வெள்ளைக்காரனா?"

"காய்ச்சல்ல கொட்டிட்டுது ஐயா."

சொல்லிவிட்டாள். அவர் நம்பிவிட்டார். அதோடு முடிந்திருந்தால் ஒரு பொய்யோடு போயிருக்கும். ஆனால் மறதிக்காரரிடம் ஒரு பொய் சொல்லித் தப்ப முடியாது. மறுநாளும் விரல்கள் அதே இடத்துக்குப் போயின, அதே கேள்வி வந்தது, அதே பொய்யைப் புதிதாகச் சொல்ல வேண்டியிருந்தது. அதற்கடுத்த நாளும் அப்படியே. வாய்க்குப் பழகிவிட்டது, வயிற்றுக்குப் பழகவில்லை. அதைவிட மோசம், அவர் பதிலுக்குச் சொன்னது. தானாகக் கொட்டியது என்றால் இறைவன் எடுத்துக்கொண்டான் என்றுதானே பொருள், நான் என்ன தவறு செய்தேன் என்று ஒவ்வொரு காலையும் தன் வாழ்க்கையைத் துழாவினார். பேருந்தில் எவனையோ ஏற்றாமல் போனது வரைக்கும் கிளறிப் பார்த்தார். அவள் காலுறை மாட்டிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தாள். அந்த நாட்களில் தொடர்வண்டியில் நின்றபடியே தூங்கிவிடும் அளவுக்கு அவளுக்குக் களைப்பு.

ஒரு திங்கட்கிழமை, அவள் கதவைத் திறந்து குளிர்ச் சட்டையைக் கழற்றியபோது கிழவர் கட்டிலில் இல்லை. கூடத்தில், உடுப்பு மாட்டும் நிலைக்கம்பத்தைக் கட்டிப்பிடித்தபடி நின்றார். மேற்சட்டையைக் கழற்றிவிட்டிருந்தார். மெலிந்த முதுகு கதவுப் பக்கம் திரும்பியிருந்தது. குளிரில் உடம்பு வெடவெடத்தது.

என்ன ஐயா இது என்று ஓடிப்போய்ப் போர்வையை எடுத்தாள். போர்த்த விடவில்லை. இது புளியமரம் என்றார். மகாராஜாவின் கதைதான். அதுவரை அவளுக்குச் சொல்லாத கதை. ரஞ்சித் சிங் ஒரு நாட்டியக்காரி விஷயத்தில் மார்க்கத்துக்கு மாறாக நடந்துவிட்டார். அமிர்தசரஸில் தீர்ப்புச் சொல்லும் பீடத்தில் இருந்த அகாலி பூலா சிங், மகாராஜாவையே கூப்பிட்டு அனுப்பினார். படையும் யானையும் வைத்திருந்த மனிதர் கைகட்டிக்கொண்டு போய், தவறு என்னுடையதுதான் என்று ஒப்புக்கொண்டார். சபைக்கு முன்னால் புளியமரத்தில் கட்டிக் கசையடி கொடுக்கச் சொன்னார்கள். அவர் தானே சட்டையைக் கழற்றி முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். அதைப் பார்த்த சனம் உருகிப்போய் மன்னிக்கச் சொன்னதாம். அடி விழவில்லை என்பார்கள்.

"ராசாவே நிண்டார். நான் ஆர்? என்ன பிழை எண்டு எனக்கு ஞாபகம் வரேல்ல, பேட்டி. ஆனா செய்திருக்கிறன். அடி."

கம்பத்தில் தொங்கிய தன் குளிர்ச் சட்டையில் கன்னத்தை வைத்தபடி அவர் காத்திருந்தார். உதயகுமாரியால் அதற்குமேல் தாங்க முடியவில்லை. துரத்தினால் துரத்தட்டும், இல்லத்துக்குப் போனால் போகட்டும் என்று அவள் துணிந்து முடிவெடுத்ததாக எழுத எனக்கும் ஆசைதான். உண்மை அதுவல்ல. பொய்யைத் தூக்கிச் சுமக்க அவள் உடம்பில் அதற்குமேல் தெம்பில்லை.

"நான்தான் ஐயா வெட்டினது. நீங்க ஒரு பிழையும் செய்யேல்ல."

அவர் மெல்லத் திரும்பினார். ஒரு கண்ணில் பார்வை மங்கிய மனிதர். மற்றக் கண்ணால் அவளைப் பார்த்தார். பிறகு சட்டையைக் கேட்டு வாங்கிப் போட்டுக்கொண்டார். நாற்காலியில் ஏறிச் சம்மணம் கொட்டி உட்கார்ந்தார். அவளைக் கம்பத்தடியில் நிற்கச் சொன்னார். நின்றாள்.

ஏன் வெட்டினாய் என்று கேட்டார். கடவுளுக்குக் கொடுக்க என்றாள். எந்தக் கடவுளுக்கு? முருகனுக்கு. அவர் கேட்டாரா? இல்லை. கேட்காதவருக்கு இன்னொருவனுடைய பொருளைத் தூக்கிக் கொடுத்திருக்கிறாய் என்றார். அவளுக்கு அழுகையோடு சிரிப்பும் வந்தது. ஓம் ஐயா, அப்படித்தான் என்றாள். மகனுடைய காய்ச்சலையும் மொட்டையையும் சொன்னாள். பயத்தில் செய்தது என்றாள். அவர் தாடியைத் தடவியபடி கேட்டுக்கொண்டிருந்தார்.

கடைசியில் தண்டனை சொன்னார். குற்றம் ஒப்புக்கொண்டவர்கள் குருத்வாராவில் பாத்திரம் கழுவ வேண்டும், வருகிறவர்கள் வாசலில் கழற்றி விடும் சப்பாத்தைத் துடைக்க வேண்டும். அதுதான் முறை.

"ஐயா, நான் இருவது வருசமா அதைத்தானே செய்யிறன்."

குறை சொல்லும் எண்ணத்தில் அவள் அதைச் சொல்லவில்லை. வாயில் வந்தது. கிழவர் நெற்றியைச் சுருக்கினார். செய்துகொண்டிருக்கிற வேலையையே கொடுத்தால் அது என்ன தண்டனை? அவருக்கு அது நியாயமாகப் படவில்லை.  பிறகு எதிரே இருந்த நாற்காலியைக் காட்டினார்.

"அதில இரு. நான் சொல்லுமட்டும் எழும்பக் கூடாது."

அந்த நாற்காலியை எத்தனையோ முறை துடைத்திருக்கிறாள். இருந்தாள். முதுகு சாய்ந்ததும் தோளுக்குள் ஏதோ ஒன்று பிடியை விட்டது. கைபேசி கீச்சென்று கத்தியது. கையை எடுத்தாள், அவர் விரலை ஆட்டினார், வைத்துவிட்டாள். அடுத்த வீட்டு அம்மா காத்திருப்பாள், மேலிடம் கேள்வி கேட்கும், எல்லாம் தெரிந்தது. கண்ணீர் வழிந்தது. துடைக்கக்கூட அலுப்பாக இருந்தது. அப்படியே தூங்கிப்போனாள்.

விழித்தபோது பியாரா சிங் அதே சம்மணத்தில் இருந்தார். முகத்தில் தீர்ப்பும் இல்லை, கோபமும் இல்லை. நீ யார், ஏன் இங்கே தூங்குகிறாய் என்று மரியாதையாகக் கேட்டார். அவள் எழுந்து, கழுவி, முடியை வாரிக் கொண்டையிட்டு, தலைப்பாகையைக் கட்டிவிட்டாள். அவர் தலையைக் கொடுத்தார். மாலையில் பரம்ஜீத்திடம் நடந்ததைச் சொன்னாள். இனிமேல் பொய் சொல்ல என்னால் ஏலாது, அவர் துரத்துகிற அன்றைக்குப் பார்ப்போம் என்றாள்.  அதற்குப் பரம்ஜீத், அப்பா இன்று நன்றாகச் சாப்பிட்டார் என்று மட்டும் சொன்னாள்.

மறுநாள் காலை. வெளியே பனி சேறாகிக் கிடந்தது. அவள் உள்ளே போனபோது கிழவரின் விரல்கள் காதுக்குப் பின்னால் தடவிக்கொண்டிருந்தன.

"யார் வெட்டினது? வெள்ளைக்காரனா?"

உதயகுமாரி பையை இறக்கி வைத்தாள். கைபேசியைச் சத்தமில்லாமல் ஆக்கிக் குளிர்ச் சட்டைப் பைக்குள் போட்டாள். சட்டையைக் கம்பத்தில் மாட்டினாள். பிறகு அந்த நாற்காலியைத் தானே இழுத்துப் போட்டு, அவருக்கு முன்னால் உட்கார்ந்துகொண்டாள்.

"நான்தான் ஐயா."