சர்க்கரை பிரிந்தபின் எஞ்சுவது

தாவர வேதியியலில் அக்ளைகோன் என்றொரு சொல் உண்டு. கல்லூரியில் அதைப் பல ஆண்டுகள் நடத்தியிருக்கிறேன். ஆனால் வகுப்பறைக்கு வெளியே ஒருவர் அதை உச்சரித்து நான் கேட்டது ஒரே ஒரு முறைதான். உச்சரித்தவள் என் தங்கை. பத்தாம் வகுப்போடு படிப்பை முடித்துக்கொண்டு, லால்குடிப் பக்கம் ஒரு விவசாயக் குடும்பத்தில் வாழ்க்கைப்பட்டவள். உடன்பிறந்தவள் அவள் ஒருத்திதான். எனக்கும் பிள்ளைகள் இல்லை, அவளுக்கும் இல்லை. மாணவிகளுக்கு நான் மிஸ். குடியிருப்பில் எல்லோருக்கும் மேடம். அவளுடைய கணவர்கூடக் கல்யாணமான புதிதில் கேலியாகத் தொடங்கிய 'டீச்சரம்மா'வை விடவே இல்லை. அக்கா என்று என்னைக் கூப்பிட உலகத்தில் அவள் மட்டுமே இருந்தாள்.

சொல்லின் பொருள் எளிமையானது. செடிகள் தாம் உண்டாக்கும் பல பொருள்களைத் தனியே விட்டுவைப்பதில்லை. அவற்றோடு ஒரு சர்க்கரை மூலக்கூற்றைப் பிணைத்துப் பத்திரப்படுத்துகின்றன. அந்த ஜோடிக்குக் கிளைக்கோசைடு என்று பெயர். இலையைக் கசக்கினாலோ அரைத்தாலோ, அதுவரை வேறோர் அறையில் இருந்த நொதி ஒன்று வந்து அந்தப் பிணைப்பை அறுக்கிறது. சர்க்கரை ஒரு பக்கம் போய்விடும். எஞ்சி நிற்பது அக்ளைகோன். சர்க்கரையில்லாதது என்பதுதான் அதற்கு நேர்ப்பொருள்.

பாடம் நடத்தும்போது நான் எப்போதும் மருதாணியைத்தான் சொல்வேன். செடியில் இருக்கும் இலையைத் தொட்டால் கை சிவப்பதில்லை. அரைத்தால்தான் சர்க்கரை பிரிகிறது. பிரிந்து வந்த அக்ளைகோன் காற்றுப் பட்டு, லாசோன் என்ற சாயமாக மாறி, தோலையும் நகத்தையும் பற்றிக்கொள்கிறது. இதைச் சொன்னதும் வகுப்பில் பாதிப் பேர் தங்கள் விரல்களைப் பார்த்துக்கொள்வார்கள்.

ஓய்வு பெற்றபின், தமிழ்வழியில் படித்துவிட்டு வரும் மாணவிகளுக்காக ஒரு கலைச்சொல் கையேடு தயாரிக்கும் பணியை ஏற்றிருந்தேன். ஒரு ஆடி மாதப் பிற்பகலில், ஸ்ரீரங்கத்தில் என் ஃப்ளாட்டின் சாப்பாட்டு மேசையில் இந்தச் சொல்லோடுதான் உட்கார்ந்திருந்தேன். தங்கை சமையலறையில் மருதாணி அரைத்துக்கொண்டிருந்தாள்.

அவள் வந்திருந்தது மருதாணிக்காக அல்ல. இதயத்தில் ஒரு வால்வு பழுதாகியிருந்தது. மாடிப்படியில் பாதியில் நின்று, வேடிக்கை பார்ப்பதுபோல் மூச்சு வாங்கிக்கொள்வாள். திருச்சி புத்தூரில் ஒரு மருத்துவமனையில் அறுவை சிகிச்சைக்கு நாள் குறித்திருந்தார்கள். ஆடியில் வேண்டாமே என்று அவள் கணவர் தயங்கினார். இதைத் தள்ளிப்போட முடியாது என்று மருத்துவர் சொல்லிவிட்டார். மறுநாள் காலை போய்ச் சேர வேண்டும். அவள் லால்குடியிலிருந்து வரும்போது இரண்டு புடவை, ஒரு சீப்பு, மஞ்சப்பை நிறைய மருதாணி இலை கொண்டுவந்திருந்தாள். அவர்கள் வீட்டு வேலியில் பெரிய செடி ஒன்று உண்டு. ஆடி பிறந்தால் மருதாணி வைத்துக்கொள்ளாமல் அவள் இருந்ததில்லை.

"அம்மி இல்லாத வீடு ஒரு வீடா" என்று மிக்ஸியை நிறுத்தி நிறுத்தி ஓட்டியபடி சொன்னாள். பிறகு கிண்ணத்தோடு வந்து எதிரே உட்கார்ந்தாள். "என்னக்கா, காலையிலேர்ந்து அதே பக்கத்தைப் பாத்துட்டு இருக்க?"

"ஒரு வார்த்தைக்குத் தமிழ் கிடைக்கலை."

"என்ன வார்த்தை?"

சொன்னேன். பொருளையும் சொன்னேன். கிண்ணத்தைக் காட்டி, இப்போது அதற்குள் நடந்துகொண்டிருப்பதும் அதுதான் என்றேன். அவள் கவனமாகக் கேட்டாள்.

"அக்ளைகோன்" என்று ஒருமுறை சொல்லிப் பார்த்தாள். "அப்ப சர்க்கரை போனப்புறம் இருக்கறது. மிச்சம்னு போட்டுட்டுப் போயேன்."

"மிச்சம்னா எல்லா மிச்சமும் அதுல வந்துடும்டி. இதுல ஒரு நுணுக்கம் இருக்கு. முன்னாடி சர்க்கரையோட சேர்ந்து இருந்திருந்தாத்தான் இந்தப் பேரு. அதே பொருள் எப்பவும் தனியாவே இருந்திருந்தா வேற பேருலதான் சொல்லுவாங்க."

"அது எப்படிக்கா? பொருள் ஒண்ணுதானே?"

"பொருள் ஒண்ணுதான். எதோட இருந்துச்சுன்னு நினைச்சுப் பாக்கறப்ப மட்டும் இந்தப் பேரு."

அவள் விழுதை ஒருமுறை கிளறிவிட்டாள். சிரித்துக்கொண்டே, "ஒங்க ஆளுங்களுக்கு வேற வேலையே இல்லை" என்றாள். தன் இடது கை விரல் நுனிகளுக்கெல்லாம் தொப்பி போட்டதுபோல் விழுதை அப்பிக்கொண்டாள். வலது கைக்கு நான் வைத்துவிட்டேன். உள்ளங்கையில் நடுவே ஒரு வட்டம், சுற்றிலும் சிறு புள்ளிகள். எங்களுக்குத் தெரிந்த ஒரே கோலம் அதுதான்.

என் கணவர் காலமானதிலிருந்து நான் மருதாணி வைத்துக்கொள்வதில்லை. யாரும் தடுக்கவில்லை, கை தானாக விலகிவிட்டது. மீண்டும் கையேட்டில் குனிந்திருந்தபோது என் இடது சுண்டுவிரலில் சில்லென்று பட்டது. கிண்ணத்தில் மிஞ்சியிருந்ததை, தன் விரல்களில் இருந்தது உதிராதபடி மணிக்கட்டை வளைத்து, நகத்தின்மேல் வைத்து அழுத்திக்கொண்டிருந்தாள்.

"ஏண்டி" என்றேன்.

"ஒத்தை வெரல்தானே. சாமி கண்ணைக் குத்தாது. சும்மா இரு."

நான் சும்மா இருந்தேன்.

மறுநாள் விடியும் முன்பே எழுந்து விளக்கைப் போட்டுக் கையைப் பார்த்துக்கொண்டாள். சிறுவயதில் ஆடி மாதக் காலைகளில் எங்களுக்கு அது ஒரு போட்டி. யார் கை அதிகம் சிவந்திருக்கிறதோ அவள் அன்று முழுவதும் மற்றவளை ஏவலாம். பெரும்பாலும் அவள்தான் ஜெயிப்பாள். அன்றும் என் விரலைப் பிடித்து இழுத்து வைத்துக்கொண்டு கேட்டாள்.

"செவந்துச்சா அக்கா? எங்க காட்டு. ம், ஆரஞ்சாத்தான் இருக்கு. நாளைக்குக் கருஞ்செவப்பா வரும் பாரு."

மருத்துவமனையில் செவிலிப் பெண் அவளுடைய கைகளைப் பார்த்ததும் நெற்றியில் கை வைத்துக்கொண்டாள். "ஏம்மா, ஆபரேஷனுக்கு வர்றப்ப யாராவது மருதாணி வெச்சிட்டு வருவாங்களா? நகத்து நெறத்தைப் பாக்கணும், ஆக்சிஜன் பாக்க விரல்ல கிளிப்பு மாட்டணும். பத்து விரலும் இப்படி இருந்தா நான் எங்க போறது?"

"நகப் பாலிஷ்தான் கூடாதுன்னாங்க" என்றாள் தங்கை. "இது பாலிஷ் இல்லைங்களே."

"பாலிஷா இருந்தா துடைச்சிருப்பேனே."

"ஆடி மாசத்துல வெறுங்கையோட போய்ப் படுக்க மனசு வரலைங்க."

செவிலிப் பெண் அவளை ஒரு கணம் பார்த்தாள். அப்புறம் திட்டவில்லை. மயக்க மருந்து தரும் மருத்துவர் வந்து பார்த்துவிட்டு, பரவாயில்லை, காதில் மாட்டிக்கொள்ளலாம் என்றார். தங்கையின் தோடுகளைக் கழற்றி என் கையில் கொடுத்தார்கள். காது மடலில் கிளிப்பு ஏறியதும் என் பக்கம் திரும்பினாள். "தோட்டைக் கழட்டிட்டு இதை மாட்டி விடுறாங்க பாரு. இது எனக்கு எடுப்பா இருக்கா?" அவளுடைய கணவர் சிரிக்க முயன்று, ஜன்னல் பக்கம் போய் நின்றுகொண்டார்.

மருதாணிக்கும் பின்னால் நடந்ததற்கும் எந்தத் தொடர்பும் இல்லை. சந்தேகப்பட்டவர்கள் உண்டு என்பதால் இதை எழுதுகிறேன். புது வால்வைச் சரியாகத்தான் பொருத்தினார்கள். அந்த இதயம்தான் நெடுநாள் உழைத்துக் களைத்துப் போயிருந்தது. மறுபடி தன் வேலையை முழுதாக எடுத்துக்கொள்ளவில்லை. தீவிர சிகிச்சைப் பிரிவில் ஒரு நேரத்தில் ஒருவரை, அதுவும் சிறிது நேரம், உள்ளே விடுவார்கள். நாங்கள் முறை வைத்துக்கொண்டு போனோம். அவள் முகம் ஒவ்வொரு நாளும் கொஞ்சம் கொஞ்சமாக வெளிறியது. உதடுகளில் நிறமே இல்லை. கைகள் மட்டும் சிவந்துகொண்டே போயின. மருதாணியின் இயல்பு அது. சாயம் காற்றில் முதிர முதிர, முதல் நாளைவிட அடுத்த நாள் அடர்ந்து நிற்கும். அந்த வேதிவினையை என்னால் பலகையில் எழுதிக்காட்ட முடியும். இருந்தும் ஒவ்வொரு முறை உள்ளே போகும்போதும், அந்த நிறத்தைப் பார்த்து, இவள் தேறிவிடுவாள் என்று ஒரு கணம் நம்பினேன்.

அவள் தேறவில்லை.

லால்குடிக்குக் கொண்டுபோனோம். குளிப்பாட்டிய பெண்கள் எவ்வளவு தண்ணீர் ஊற்றியும் கைகளின் சிவப்பு போகவில்லை. மஞ்சளும் குங்குமமும் வைத்து, பூ வைத்து முடித்தபின் ஒருத்தி, "மருதாணிக் கையோட சுமங்கலியாப் போயிருக்கா, குடுத்து வெச்சவ" என்றாள். மற்றவர்கள் ஆமோதித்தார்கள். ஆறுதலாகத்தான் சொன்னார்கள். கொள்ளிடக் கரைக்கு அவளை எடுத்துச் சென்றபோது நான் வாசலோடு நின்றுகொண்டேன். என் சுண்டுவிரலை மற்ற விரல்களுக்குள் மடக்கி வைத்திருந்தது வெகுநேரம் கழித்துத்தான் தெரிந்தது.

தோலில் பட்ட மருதாணி சில வாரங்களில் போய்விடும். தோல் உதிர்ந்து புதிதாவதுதான் காரணம். நகத்தில் பட்டது அப்படிப் போகாது. நகம் வளர வளர அடியில் வெள்ளை ஏறும், சிவப்பு நுனியை நோக்கி நகரும். ஐப்பசி மழையில் அது பாதி நகமாக இருந்தது. பாத்திரம் துலக்கும்போது அந்த விரலை நீட்டிக்கொண்டேன். நகத்தை வெட்டவில்லை, நுனி தானாகத் தேய்ந்ததோடு சரி. அவள் கையால் செய்த கடைசிக் காரியம் அது. வெட்டாமல் வைத்திருந்தால் தங்கிவிடாது என்று மற்றவர்களைவிட எனக்கு நன்றாகத் தெரியும். ஆனாலும் வெட்டவில்லை.

தை மாதத்தில் பழைய கல்லூரியில் ஒரு வகுப்பெடுக்கக் கூப்பிட்டிருந்தார்கள். கிளைக்கோசைடு பாடம். வழக்கம்போல் மருதாணிக்கு வந்தேன். விரல் நுனியில் பிறைபோல் ஒட்டிக்கொண்டிருந்த சிவப்பைக் காட்டி, இது லாசோன் என்றேன். முன் வரிசையில் ஒரு மாணவி கையை உயர்த்தினாள்.

"மிஸ், பிரிஞ்ச சர்க்கரை மறுபடி சேராதா?"

நல்ல கேள்வி. அதற்கு முன் யாரும் என்னிடம் அதைக் கேட்டதில்லை.

"செடி உயிரோட இருக்கறப்ப, அதுக்குள்ள, மறுபடி சேர்த்துக்க முடியும்" என்றேன். "அரைச்ச பிறகு சேராது."

அவள் குறித்துக்கொண்டாள். நான் பலகைப் பக்கம் திரும்பி, ஏற்கெனவே எழுதியிருந்த ஒரு வரியை அழித்து, அதையே மறுபடி எழுதினேன்.

சில நாள் கழித்து, குக்கர் மூடியின் ரப்பர் வளையத்தை இழுத்தெடுக்கும்போது நகம் முறிந்தது. சிவப்பு நுனி எங்கோ தெறித்துவிட்டது. அடுப்பு மேடையிலும் தொட்டியிலும் தரையிலும் தேடினேன். கிடைக்கவில்லை. மறுநாள் பெருக்க வந்த பெண்ணிடம் எதையோ தேடுவதாகச் சொன்னேன். என்ன என்று கேட்டாள். குப்பையை முறத்திலேயே வைக்கச் சொன்னேன்.

கையேடு பங்குனியில் முடிந்தது. அக்ளைகோன் என்ற சொல்லை அப்படியே தமிழ் எழுத்தில் வைத்து, கிளைக்கோசைடு ஒன்றிலிருந்து சர்க்கரை பிரிந்தபின் எஞ்சும் பகுதி என்று எழுதினேன். சர்க்கரையோடு இருந்த நிலையைக் கருத்தில் கொண்டு பேசும்போது மட்டுமே இச்சொல் ஆளப்படும் என்று இன்னொரு வரி சேர்த்தேன். அது தேவையா என்று உடன் பணியாற்றியவர்கள் கேட்டார்கள். இருக்கட்டும் என்றேன்.

இந்த ஆடியில் ஒரு நாள் அழைப்புமணி அடித்தது. தங்கையின் கணவர். இளைத்திருந்தார். லால்குடி பஸ்ஸில் நின்றுகொண்டே வந்ததாகச் சொன்னார். கையில் மஞ்சப்பை.

"செடி தழைஞ்சு கெடக்குங்க. பறிக்க ஆளில்லை. வேலியிலயே காய விட்டா அவ திட்டுவா" என்று பையை மேசைமேல் வைத்தார். "எனக்கு என்ன பண்றதுன்னு தெரியலைங்க டீச்சரம்மா."

காபி கொடுத்தேன். நடவைப் பற்றிச் சொன்னார், ஆற்றில் தண்ணீர் வந்திருப்பதைச் சொன்னார். அவளைப் பற்றி அதற்குமேல் இருவரும் பேசவில்லை. போயிட்டு வரேங்க என்று கிளம்பும்போது ஒருமுறை பையைத் திரும்பிப் பார்த்தார்.

மாலைவரை அந்த இலைகள் அப்படியே கிடந்தன. சாதாரணப் பச்சை இலைகள். பிறகு எழுந்து ஒரு கைப்பிடி எடுத்து மிக்ஸியில் போட்டு, அவள் செய்ததுபோல் நிறுத்தி நிறுத்தி அரைத்தேன். இடது சுண்டுவிரலில் மட்டும் வைத்துக்கொண்டேன். அவள் அழுத்திய அளவுக்கு எனக்கு அழுத்த வரவில்லை.

காலையில் எழுந்து விளக்கைப் போட்டேன். ஆரஞ்சு நிறம் பிடித்திருந்தது. கையை நீட்டிப் பிடித்துக்கொண்டு, யாரிடம் காட்டுவது என்று தெரியாமல் சற்று நேரம் நின்றேன்.

போன் அடித்தது. தங்கையின் கணவர்தான். வயலில் நிற்கிறார் போலும், பின்னால் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது. நேற்று நல்லபடியாக வந்து சேர்ந்துவிட்டதாகச் சொன்னார். பிறகு தண்ணீர்ச் சத்தம் குறைந்தது, சற்றுத் தள்ளி நடந்திருப்பார்.

"செவந்துச்சாங்க அக்கா?" என்றார்.