அடியில் எழுதாத பெயர்

என் அக்காவுக்குக் கல்லூரியில் வைத்த பெயர் 'சுத்தம்'. பெற்றவர்கள் வைத்த பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவள் திரும்பிப் பார்ப்பாளா என்பதே சந்தேகம். அங்கே நுண்ணுயிர் ஆய்வுக்கூடத்தில் இருபத்திரண்டு வருஷமாக மீடியா காய்ச்சுகிறாள். மீடியா என்றதும் பத்திரிகைக்காரி என்று நினைக்க வேண்டாம். அது கிருமிகளுக்கான சாப்பாடு. அகார் பொடியைக் கரைத்துக் காய்ச்சித் தட்டுகளில் ஊற்றினால் ஆறியதும் உறைந்துவிடும். அதன்மேல்தான் மாணவர்கள் கிருமி வளர்ப்பார்கள். பாடம் முடிந்ததும் அந்தக் கிருமிகளை ஆட்டோக்ளேவ் என்ற ஆளுயர குக்கரில் போட்டு அவித்துக் கொல்வதும் இவள்தான். "சோறு போடறதும் நான், சாவடிக்கிறதும் நான்" என்று சொல்லிவிட்டு அவளே சிரிப்பாள்.

என் வீட்டுக்கு வந்தால் நாற்காலியைத் துடைக்காமல் உட்கார மாட்டாள். நான் கழுவி வைத்த டம்ளரை ஜன்னல் பக்கம் தூக்கிப் பார்த்துவிட்டு, மறுபடி கழுவித்தான் குடிப்பாள். "உங்க அக்கா வர்றதா இருந்தா முன்னாடியே சொல்லிடு, நான் ரெண்டு தடவை குளிச்சிடறேன்" என்பார் என் கணவர். ஒவ்வொரு வருஷமும் புது மாணவர்களுக்கு முதல் பாடமாக ஆளுக்கொரு தட்டில் உள்ளங்கையைப் பதிக்கச் சொல்வார்களாம். இரண்டு நாளில் எல்லார் கையும் புள்ளி புள்ளியாக முளைத்துவிடும், ஒரு தட்டைத் தவிர. அது அக்காவின் தட்டு. வருஷக்கணக்காக ஸ்பிரிட்டில் கழுவிய கை அது. அந்தக் காலித் தட்டை அவள் பரிசுக்கோப்பை மாதிரி தூக்கிக் காட்டுவாளாம்.

அவளுக்கு ஒரு சட்டம் உண்டு. தட்டின் பெயரை அடியில் எழுத வேண்டும், மூடியில் எழுதக் கூடாது. மூடி மாறிப்போகும், அடி மாறாது. தட்டைக் கையில் எடுத்தால் அவள் அதன் முகத்தைப் பார்க்க மாட்டாள், முதுகைத்தான் பார்ப்பாள். முதுகில் பெயர் இல்லையென்றால் அது அநாதை. அநாதைக்கு ஆட்டோக்ளேவ். இப்படி ஒரு பெண்ணின் மூன்று வார வேலை ஒருநாள் வெந்துபோனது. அந்தப் பெண் தேம்பித் தேம்பி அழ, "ஏன், எழுதத் தெரியாதா உனக்கு?" என்று கேட்டுவிட்டு வந்ததாக என்னிடம் பெருமையாகச் சொன்னாள். நானும் சிரித்தேன். அதை இப்போது நினைத்தால் எனக்கே என்னைப் பிடிக்கவில்லை.

போன வருஷம் அங்கே ஓர் ஓவியர் வந்து சேர்ந்தார். கிருமிகளை வைத்துப் படம் வரைபவர். ஆய்வுக்கூடத்தில் ஒரு வருஷம் வேலை செய்ய அனுமதி வாங்கியிருந்தார். ஒரே வாரத்தில் 'கிருமி மேடம்' ஆகிவிட்டார்.

"நான் துடைச்சுத் தள்றத அவங்க செவுத்துல மாட்டப் போறாங்களாம். காலம் கெட்டுப் போச்சு" என்றாள் அக்கா.

ஒரு மாதம் கழித்து அவள் குரலே வேறாக இருந்தது. "வெறும் தண்ணியத் தொட்டுத் தொட்டு வரைஞ்ச மாதிரி இருந்துச்சுடி. ஒண்ணுமே தெரியல. ரெண்டு நாள் கழிச்சுத் தொறந்தா, மஞ்சளும் சிவப்புமா ஒரு பறவை மொளச்சு நிக்குது." அதன்பிறகு சிவப்பு தூக்கலாக வர உப்பைக் கூட்டுவது, மஞ்சள் பரவாமல் இருக்க அகாரைக் கெட்டியாக்குவது என்று இவளும் இறங்கிவிட்டாள். 'அவங்க பறவை' போய் 'எங்க பறவை' ஆயிற்று. காய்ச்சிக் கொட்டிய கைக்கு முதல்முறையாக ஒரு மரியாதை கிடைத்திருந்தது. அது எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது.

அந்த ஓவியருக்கு ஒரே தங்கை. முப்பது வயதுகூட ஆகவில்லை. மருத்துவமனையில் கடைசி நாட்களில் இருந்தாள். வைத்தியம் இனி இல்லை, வலி தெரியாமல் பார்த்துக்கொள்வோம் என்று சொல்லிவிட்டார்கள். ஓவியர் அக்காவிடம் வந்து கேட்டார். "ஒவ்வொருத்தர் கையிலயும் ஒவ்வொரு கூட்டம் குடியிருக்கும், இல்லையாக்கா? போட்டோல இருக்கறது அவ உருவம்தான். அவ கையில உயிரோட இருக்கறத நான் வளர்த்து வெச்சுக்கணும்."

அக்கா சாப்பாட்டுத் தட்டு அளவில் இரண்டு கண்ணாடித் தட்டுகளைத் தேடிப் பிடித்துக் கழுவி, அவற்றில் மீடியா ஊற்றிக் கொடுத்தாள். ஒன்று கைக்கு, ஒன்று உபரிக்கு. ஒரு திங்கட்கிழமை மதியம் ஓவியர் ஒரு தட்டை மருத்துவமனைக்கு எடுத்துப் போய்த் தங்கையின் வலது கையைப் பதித்து வந்து, ஆய்வுக்கூடத்தில் கிருமி வளர வைக்கும் சூட்டுப்பெட்டியில் வைத்துவிட்டு உடனே திரும்பிப் போனார். அன்று அக்கா அங்கே இல்லை. கடைவாய்ப் பல் பிடுங்க லீவு போட்டிருந்தாள்.

இனி நடந்ததை அக்கா சொல்லித்தான் எழுதுகிறேன். "என்னப் பாத்துப் பாவப்பட்டு எழுதாத. நடந்தத எழுது" என்று கறாராகச் சொல்லியிருக்கிறாள்.

செவ்வாய்க்கிழமை காலை வழக்கம்போல முதல் ஆளாக வந்தாள். சூட்டுப்பெட்டியைத் திறந்தாள். பெரிய தட்டு ஒன்று. உள்ளே அங்கொன்றும் இங்கொன்றுமாகப் பொட்டுகள். ஒழுங்காகத் தடவி வளர்த்த கிருமி வரிசையாக வரும், இது எச்சில் தெறித்த மாதிரி இருந்தது. கை உருவம் தெரிய இன்னும் ஒரு நாள் ஆகியிருக்கும். அவள் தட்டைத் தூக்கி அடியைப் பார்த்தாள். ஒன்றும் எழுதவில்லை. மூடி அவிக்கும் கூடைக்குள் கொள்ளாததால் அதைக் கழற்றிக் கழுவுதொட்டிக்குள் கவிழ்த்துவிட்டு, தட்டை மட்டும் ஆட்டோக்ளேவில் இறக்கித் திருகாணிகளை முறுக்கினாள்.

கால் மணி நேரம் கழித்து மூடியைக் கழுவ எடுத்தாள். அதன் மேல்பக்கம் கறுப்பு மையில் எழுதியிருந்தது: 'தங்கச்சி. வலது கை.'

அழுத்தம் ஏறிய ஆட்டோக்ளேவைத் திறக்க முடியாது, தானாக இறங்கும்வரை காத்திருக்க வேண்டும். திறந்தும் பயனில்லை என்பது அவளுக்குத் தெரியாதா? இருந்தாலும் மூடியைக் கையில் பிடித்தபடி முள் இறங்கும்வரை அங்கேயே நின்றாள்.

இதுவரைக்கும் நடந்தது தவறு. தவறு யாருக்கும் நடக்கும். இதற்கப்புறம் நடந்ததற்கு அந்தப் பெயர் பொருந்தாது.

பத்தரை மணிக்கு ஓவியர் மருத்துவமனையிலிருந்து ஃபோன் செய்தார். "அக்கா, தட்டு நல்லாருக்கா? அவசரத்துல சரியா பதிஞ்சுதான்னு பயமாவே இருக்கு. சரியில்லன்னா சொல்லுங்க, இன்னொரு தட்டு எடுத்துட்டு வர்றேன். டாக்டர்கிட்ட கேட்டு வெச்சிருக்கேன், அவளும் சரின்னுட்டா."

உபரித் தட்டு அக்காவின் கண்ணெதிரே மேஜை மேல் இருந்தது. 'தப்பு பண்ணிட்டேன் மேடம், வாங்க' என்று ஒரே ஒரு வரி சொல்லியிருந்தால் போதும். அந்த வரி நாக்கு நுனி வரைக்கும் வந்ததாம். கூடவே அன்று அழுத அந்தப் பெண்ணின் முகமும் வந்ததாம். 'ஏன், எழுதத் தெரியாதா உனக்கு?' என்று கேட்ட வாய், எனக்குப் படிக்கத் தெரியவில்லை என்று எப்படிச் சொல்லும்?

"நல்லாருக்கு மேடம். இன்னொண்ணெல்லாம் வேண்டாம். நீங்க தங்கச்சியப் பாருங்க" என்றாள்.

அன்று மதியம் நான் வேலை செய்யும் ஜெராக்ஸ் கடைக்கு அக்கா வந்தாள். பக்கத்துத் தெருவில் தீப்பிடித்தாலும் வேலை நேரத்தில் வெளியே வராதவள். பல் பிடுங்கிய கன்னம் வீங்கியிருந்தது. துணிப்பையிலிருந்து பெரிய கண்ணாடித் தட்டை எடுத்துத் தாள் கட்டுகளுக்கு நடுவே வைத்தாள்.

"வலது கையக் குடு."

"எதுக்குக்கா?"

"காலேஜ்ல பாடத்துக்கு."

"கைய கழுவிட்டு வரவா?"

"கழுவாத. கழுவவே கழுவாத."

என் வாழ்க்கையில் அக்கா வாயிலிருந்து அந்த வார்த்தையை நான் கேட்டதே இல்லை. அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும். வாடிக்கையாளர் இருவர் காத்திருந்தார்கள், நான் கையை நீட்டிவிட்டேன். அவள் என் கையைத் தட்டில் வைத்து, என் விரல்கள் மேல் தன் விரல்களை வைத்து மெதுவாக அழுத்தினாள். மூடியைப் போட்டுத் துணியில் சுற்றிக்கொண்டு, தண்ணீர்கூடக் குடிக்காமல் போய்விட்டாள்.

வெள்ளிக்கிழமை காலை ஓவியரின் தங்கை இறந்துபோனாள்.

மூன்று வாரம் கழித்துக் கல்லூரிக் கூடத்தில் கண்காட்சி நடந்தது. அக்கா என்னைக் கூப்பிடவில்லை. அதில் எனக்குக் கோபம். 'எங்க பறவை' என்று வாய் ஓயாமல் சொன்னவள், காட்டக் கூப்பிட வேண்டாமா? அரைநாள் லீவு போட்டு நானே போனேன். வாசலில் என்னைப் பார்த்ததும் அக்காவின் முகம் செத்துவிட்டது. "வந்துட்டியா... சரி, பறவையப் பாத்துட்டுக் கிளம்பு" என்றாள்.

நான் பறவையைப் பார்த்தேன். மீன்களைப் பார்த்தேன். நன்றாகத்தான் இருந்தன. கூடத்தின் நடுவில் ஒரு கண்ணாடிப் பேழையைச் சுற்றிக் கூட்டம். பக்கத்தில் ஒரு நாற்காலியில் வயதான அம்மா ஒருவர் உட்கார்ந்திருந்தார். காலையிலிருந்து அந்த இடத்தைவிட்டு எழவில்லை என்று பேசிக்கொண்டார்கள். நான் எட்டிப் பார்த்தேன்.

உள்ளே ஒரு கை. வெள்ளையும் மஞ்சளும் வெளிர் சிவப்புமாகப் புள்ளிகள் கூடி ஐந்து விரலும் உள்ளங்கையுமாக முளைத்திருந்தது. நடுவிரல் நுனி மட்டும் மோதிரவிரல் பக்கம் சாய்ந்திருந்தது.

அந்த விரலை எனக்குத் தெரியும். எனக்கு ஆறு வயதில் அக்கா கோபத்தில் அறைந்து சாத்திய கதவில் நசுங்கிய விரல். "காத்துல சாத்திக்கிச்சும்மா" என்று அன்று அவள் சொன்னாள். "ஆமா, காத்து" என்று நானும் சேர்ந்து சொன்னேன். கீழே அட்டையில் 'தங்கையின் வலது கை' என்று எழுதியிருந்தது.

ஓவியர் பக்கத்தில் வந்து நின்றார். நான் யாரென்று அவருக்குத் தெரியாது. வருகிற எல்லாரிடமும் சொல்வது போல என்னிடமும் சொன்னார். "விரல் சாஞ்சிருக்கு பாருங்க. நேரா வெச்சு அழுத்தக்கூட அன்னைக்கு அவளுக்குத் தெம்பில்ல. எனக்கு அப்ப தெரியல, இதுல பாத்துதான் தெரிஞ்சுது."

நான் வலது கையைக் கைப்பைக்குள் திணித்துக்கொண்டேன். திருடிய பொருளை ஒளிப்பது போல என் கையையே ஒளித்தேன். நேராக வாசலுக்குப் போய் அக்காவை இழுத்துக்கொண்டு தண்ணீர்க் குழாய்ப் பக்கம் போனேன்.

அவள் எதையும் மறைக்கவில்லை. ஆட்டோக்ளேவ், மூடி, ஃபோன், அதே மூடியை என் கை பதிந்த தட்டுக்குப் போட்டது, எல்லாவற்றையும் தரையைப் பார்த்தபடி சொன்னாள். "என் கை முளைக்காதேடி. அதான் உன்கிட்ட வந்தேன்" என்றாள்.

"ஃபோன்ல கேட்டாங்களேக்கா. அவ உசுரோடதானே இருந்தா?"

"இருந்தா."

"வேண்டாம்னு சொன்னியா?"

"சொன்னேன்."

எனக்குத் திட்ட வேண்டும் போல இருந்தது, ஆனால் கூடத்துக்குள் இருப்பது என் கை. "நான் இப்படியே வீட்டுக்குப் போனா தெனமும் இந்தக் கையாலதான் சாப்பிடணும். என்னால முடியாது. நீ சொல்றியா, நான் சொல்லட்டுமா?" என்றேன்.

அக்கா குழாயைத் திறந்து கை கழுவினாள். பழக்கம். பாதியில் நிறுத்திவிட்டு, ஈரக் கையோடு என்னைக் கூட்டிக்கொண்டு உள்ளே போனாள்.

கூட்டம் கலைந்திருந்தது. ஓவியர் பேழையருகே நின்றார். "அக்கா, வாங்க. காலையிலேர்ந்து உங்களத்தான் எல்லார்கிட்டயும் சொல்லிட்டிருக்கேன்" என்றார். அக்கா வாயைத் திறந்தாள். "மேடம்" என்ற ஒரு சொல்தான் வந்தது. இன்னொரு முறை முயன்றாள், அதே சொல்தான். பிறகு என் வலது மணிக்கட்டைப் பிடித்து, கையைக் கண்ணாடிமேல் வைத்து, கடையில் செய்தது போலவே என் விரல்கள் மேல் தன் விரல்களை வைத்து அழுத்தினாள்.

என் விரல்கள் உள்ளே இருந்த விரல்கள்மேல் சரியாக உட்கார்ந்தன. சாய்ந்த விரல், சாய்ந்த விரல்மேல்.

ஓவியர் என் விரலையும் உள்ளே இருந்த விரலையும் மாறி மாறிப் பார்த்தார். "எப்போ?" என்று கேட்டார்.

"செவ்வாக்கிழமை காலைல. அடியில பேர் இல்லன்னு நான்தான் ஆட்டோக்ளேவ்ல போட்டுட்டேன்."

"நான் ஃபோன் பண்றதுக்கு முன்னாடியா?"

"முன்னாடி."

"வெள்ளிக்கிழமை வரைக்கும் இருந்தாளேக்கா" என்றார் அவர். குரல் உயரவேயில்லை. உயர்ந்திருந்தால் நாங்கள் தாங்கியிருப்போம். "வியாழக்கிழமை முழுக்க என் கையப் பிடிச்சிட்டுதான் இருந்தா."

நாற்காலியிலிருந்து அந்த அம்மா தலையைத் திருப்பினார். "என்னம்மா ஆச்சு? யாரு இவங்க?"

ஓவியர் அம்மாவைப் பார்த்தார், அட்டையைப் பார்த்தார். "ஒண்ணுமில்லம்மா. கைய வெச்சு அளவு பாக்கறாங்க" என்றார்.

"பாக்கட்டும், பாக்கட்டும். நானும் காலைல வெச்சுப் பாத்தேன். கடைசில எம் பொண்ணு கை இவ்ளோ சின்னதா போச்சேன்னு இருந்துச்சு" என்றார் அந்த அம்மா.

நான் கையை எடுக்கப் பார்த்தேன். அக்கா விடவில்லை.