நான்கு எல்லையும் சுற்றி வந்தவர்

பருத்திக் காட்டில் களையெடுத்துக்கொண்டிருந்தோம். பரளச்சி பஸ் ரோட்டில் வந்து நின்றது. அங்கே நிறுத்தம் கிடையாது. கண்டக்டர் படியில் நின்றபடி, "திருச்சுழி அமீனா ஐயா தவறிட்டாக. நாளைக்குக் காலையில எடுக்குறாக" என்று சொல்லிவிட்டு விசில் கொடுத்தார். பஸ் போன பிறகும் தூசி வெகுநேரம் வெயிலில் அடங்காமல் நின்றது. நானும் என் மனைவி பாக்கியமும் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

திருச்சுழி ஞானமுத்து அவர்கள் அருப்புக்கோட்டை கோர்ட்டில் அமீனாவாக இருந்து ஓய்வு பெற்றவர்கள். கடன் கட்டாதவன் சொத்தை ஜப்தி செய்வதும், தமுக்கடித்து ஏலம் விடுவதும் அவர்கள் உத்தியோகம். அவர்கள் சைக்கிள் ஊருக்குள் நுழைந்தால் கதவுகள் சாத்திக்கொள்ளும். அப்படிப்பட்டவருக்கு, அவர் கையால் நிலம் ஏலத்துக்கு வந்த நான் அஞ்சலி எழுதுகிறேன். கிறுக்குத்தனம் என்று நினைப்பவர்கள் நினைத்துக்கொள்ளட்டும்.

அறுபதுகளில் கிணறு வெட்டக் கடன் வாங்கினேன். தண்ணீருக்குப் பதிலாகப் பாறை வந்தது. மழையும் கைவிட்டது. கடன் கொடுத்தவர் கோர்ட்டுக்குப் போய் எனக்கு எதிராகத் தீர்ப்பு டிக்ரி வாங்கிவிட்டார். ஜப்தி நோட்டீஸோடு வந்த அன்று ஞானமுத்து அவர்கள் குடிக்கத் தண்ணீர் கேட்டார்கள். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். பாக்கியம் கொடுத்தாள். ஏலத்தில் மூன்றாந்தரம் சொல்வதற்குள் முழுப் பணத்தையும் தம் கையில் கொடுத்துவிட்டால் ஏலம் அந்த இடத்திலேயே நின்றுபோகும் என்று அவளிடம்தான் சொல்லிவிட்டுப் போனார்கள்.

ஏலத்துக்கு முந்தின நாள் பாக்கியம் காரியாபட்டிக்குப் போனாள். மாடுகளை விற்றுப் பணம் தருவதாக அவள் அண்ணன் சொல்லியிருந்தார். மறுநாள் உச்சிவெயிலில், என் காட்டு வேப்பமரத்தடியில் ஏலம் தொடங்கியது. அவள் இன்னும் வந்து சேரவில்லை. ஊர்க்காரர்கள் யாரும் ஏலம் கேட்கவில்லை. கடன் கொடுத்தவரின் கணக்கப்பிள்ளை மட்டும் குடைக்குக் கீழே நின்று கேட்டார். ஒருதரம் ஆயிற்று. ரெண்டுதரமும் ஆயிற்று. நான் ரோட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்போதுதான் ஞானமுத்து அவர்கள் தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு, தமுக்கடிக்கிறவரையும் கூட்டிக்கொண்டு புறப்பட்டார்கள். எங்கே என்று கணக்கப்பிள்ளை முறைத்தார்.

"மூணாந்தரம் சொல்லிட்டா அந்த வார்த்தையைத் திருப்பி வாங்க முடியாதுங்க. அதுக்கு முன்னால நாலு எல்லையையும் பாத்துட்டு வந்துர்றேன்."

எந்தச் சட்டத்திலும் இல்லாத வழக்கம் அது. எந்த ஊர் ஏலத்திலும் அவர்கள் அதை விட்டதில்லை என்று பிறகு தெரிந்துகொண்டேன்.

கரிசல் முழுக்கக் கானல் ஓடியது. கிழக்கு எல்லையைத் தாண்டியதும் அவர்கள் கால்கள் மறைந்தன. பிறகு இடுப்புக்கு மேல் மட்டும் மிதந்து போயிற்று. தமுக்குச் சத்தம் எங்கோ வேறு ஊரில் கேட்பது மாதிரி மெல்ல வந்தது. ஒரு சொட்டுத் தண்ணீர் தராத என் காட்டில் இரண்டு பேர் தண்ணீருக்குள் நடந்துகொண்டிருந்தார்கள். இது என் நிலம்தானா, நான் விழித்துத்தான் இருக்கிறேனா என்று எனக்கே தெரியவில்லை. பயம்கூடக் கொஞ்ச நேரம் என்னை விட்டுப் போயிருந்தது.

மேற்கு மூலையில் போய் அவர்கள் உட்கார்ந்துவிட்டார்கள். எழுந்திருக்கவே இல்லை. கணக்கப்பிள்ளை கூப்பிட்டுக் கூப்பிட்டு ஓய்ந்தார். அந்நேரம் ரோட்டில் பஸ் வந்து தூசி கிளம்பியது. அதற்குள்ளிருந்து ஒரு சிவப்புச் சேலை இறங்கி ஓடி வந்தது. பாக்கியம் என்னிடம் வரவில்லை. காட்டைக் குறுக்கே தாண்டி நேராக மேற்கு மூலைக்கு ஓடி, மடியை அவிழ்த்துப் பணத்தை அவர்கள் கையில் வைத்தாள். அவர்கள் திரும்பி வந்து, ஏலம் நின்றுபோனது என்று சொல்லி ரசீது எழுதினார்கள். ஏன் இவ்வளவு நேரம் என்று கணக்கப்பிள்ளை கேட்டதற்கு, காலில் முள் குத்திவிட்டதாகப் பதில் வந்தது.

எல்லாரும் என்னைப் போலத் தப்பவில்லை. எம்.ரெட்டியபட்டியில் ஒருவர் நிலம் ஏலம் போன அன்று நானும் அங்கே இருந்தேன். அன்றும் அப்படித்தான் சுற்றினார்கள். கடைசி எல்லையில் ரோட்டைப் பார்த்தபடி வெகுநேரம் நின்றார்கள். யாரும் வரவில்லை. வந்து மூன்றாந்தரம் சொன்னார்கள். திரும்பும் வழியில் சைக்கிளை உருட்டிக்கொண்டே, "நடக்கத்தான் நம்மால முடியும்" என்றார்கள்.

சென்ற மாசம் திருச்சுழிக்குப் போய் அவர்களைப் பார்த்தேன். கட்டிலில் கண்ணை மூடிப் படுத்திருந்தார்கள். நெடுநாள் கேட்க நினைத்ததைக் கேட்டேன்.

"அன்னைக்கு டயர் செருப்புல்ல போட்டிருந்தீக, ஐயா?"

கண்ணைத் திறக்காமலே சிரித்தார்கள். "உங்க காட்டு முள்ளு பொல்லாத முள்ளு."

அடக்கத்துக்குப் போனோம். ஜெபம் முடிந்து பெட்டியைக் குழியருகே கொண்டுவந்தார்கள். வெயில் ஏறுகிறது, சீக்கிரம் ஆகட்டும் என்று யாரோ அவசரப்படுத்தினார். கூட்டத்தில் ஒருநாளும் பேசாத பாக்கியம் முன்னால் வந்தாள்.

"நாலு எல்லையையும் ஒருதடவை சுத்திட்டு வந்துருங்கய்யா. யாராச்சும் வந்தாலும் வருவாக."

பெட்டியைத் தூக்கிக்கொண்டு கல்லறைத் தோட்டத்தின் ஓரமாகவே மெல்ல நடந்தார்கள். மேற்கு மூலையில் கொஞ்ச நேரம் நின்றார்கள். நாங்கள் இரண்டு பேரும் ரோட்டையே பார்த்துக்கொண்டிருந்தோம். தூசி எதுவும் கிளம்பவில்லை.

போய் வாருங்கள், ஐயா.