பூக்காத கொலம்பைன்

எழுபதுகளின் கடைசியில், எனக்கு எட்டு வயதிருக்கும்போது, அப்பாவின் ஒரே தங்கை மலேசியாவின் குளிர்ந்த கேமரன் மலையிலிருந்து எங்கள் ரப்பர் தோட்டத்துக்குத் திரும்பி வந்தார். அத்தையிடம் ஒரு துணிப்பையும், தாளில் மடித்த கறுப்பு விதைகளும் மட்டுமே இருந்தன. முறிந்த இடது கை கோணலாகக் கூடியிருந்தது. வழுக்கி விழுந்ததாகச் சொன்னார். மலையில் எல்லாரும் வழுக்கி விழுவார்கள் போலிருக்கிறது என்று நான் நம்பினேன்.

விதைகளை எங்கள் லயத்து வரிசை வீட்டின் பின்னால், ரம்புத்தான் மர நிழலில் ஊன்றினார். மலையில் துரை பங்களாவில் பூக்கும் கொலம்பைனாம். நீலப் பூ, பின்பக்கம் வால் முளைத்ததுபோல் இருக்குமாம். வெயிலும் ஆகாது, தண்ணீரும் தேங்கக் கூடாது என்று மக்கிய ரப்பர் இலையும் மணலும் கலந்து மேடு கட்டினார். முளைத்த இலைகள் கொத்தமல்லி போலிருந்தன. அம்மா ஒருநாள் ரசத்துக்குக் கிள்ளப் போய் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டார்.

அத்தையின் கணவரான மாமா அவரை அழைத்துப்போக வந்தார். வாசலில் செருப்பைக்கூடக் கழற்றவில்லை. அத்தை கதவுக்குப் பின்னால் நின்றபடி அப்பாவிடம், "அண்ணே, வெதச்சது பூக்கட்டும். பூத்த மறுநாளே வாரேன்னு சொல்லுங்க" என்றார். அப்பாவுக்கும் அது நியாயமாகவே பட்டது. ஒரு பூ பூக்க எவ்வளவு நாளாகிவிடப் போகிறது?

ஆகிக்கொண்டே இருந்தது. செடி பச்சையாக நின்றது. மொட்டு மட்டும் வரவில்லை. மாமா மறுபடி வந்தார், திரும்பிப் போனார். எனக்கோ அந்தப் பூவைப் பார்க்கும் ஆசை. மலைக் குளிர் வேண்டுமோ என்று சீனர் கடையில் ஐஸ் கட்டி வாங்கி வந்து வேரடியில் வைத்தேன். அத்தை அதைக் கண்டதும் எடுத்து வீசினார். அவர் என்மேல் கோபப்பட்டது அன்று மட்டும்தான்.

மலையிலிருந்து காய்கறி லோரி ஓட்டி வருபவர் ஒருநாள் செடியைப் பார்த்து அப்பாவிடம் சிரித்தார். "இந்தச் சூட்டுல இது எங்கண்ணே பூக்கும்? கடைசி வரைக்கும் எலதான்லா."

அப்பா லோரியை அனுப்பிவிட்டு வந்தார். பிறகு அத்தையைக் கூப்பிட்டார்.

"ஒனக்கு இது தெரியுமா?"

அத்தை தலை குனிந்து நின்றார்.

"மாப்பிள்ளை முன்னால என்னை முட்டாளாக்கிட்டியே."

வேறெதையும் அவர் கேட்கவில்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமையே மலையடிவாரத் தாப்பா பேருந்து நிலையத்தில் மாமா காத்திருந்தார். வழியனுப்ப நானும் போயிருந்தேன். அத்தை ஏறும்போது, "அங்க குளிரா இருக்கும்ல அத்தே, நெறைய பூக்கும். எனக்கு ஒண்ணு கொண்டு வாங்க" என்றேன்.

அத்தை குனிந்து என் கன்னத்தைத் தொட்டார். "அங்கல்லாம் நீ வராதம்மா" என்றார்.

நான் வருவதாகச் சொல்லவே இல்லையே, பூதானே கேட்டேன். பேருந்துச் சத்தத்தில் அத்தைக்குச் சரியாகக் காது கேட்கவில்லை என்று நினைத்துக்கொண்டு வீடு திரும்பினேன்.