நம்பர் இல்லாத பெட்டி

விதியை மதிக்கிறவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை. பௌர்ணமி அன்று திருவண்ணாமலையில் ஆட்டோ ஓட்டுகிறவர்களிடையே தேடினால் கிடைக்கவே மாட்டார்கள். மூன்று பேர் உட்கார வேண்டிய வண்டியில் எட்டுப் பேர், ஓட்டுகிறவர் இடுப்போடு ஒட்டிக்கொண்டு ஒன்பதாவது ஆள். அந்தக் கூட்டத்தில் பாஞ்சாலை ஒருவர்தான் மூன்று பேருக்கு மேல் ஏற்ற மாட்டார். நாலாவது ஆள் காலை வைத்தால், "எறங்குப்பா, பெட்டி தாங்காது" என்பார். பெட்டி என்று அவர் சொல்வது பேட்டரியை. அவருடையது கரண்ட் ஆட்டோ.

அந்த ஆட்டோவை அவருக்கு விற்றது எங்கள் ஷோரூம். என் பெயர் விஸ்வநாத். அப்பாவும் அண்ணாவும் அண்ணாமலையார் கோயிலில் பூஜை செய்கிறவர்கள். எனக்கு மந்திரம் மண்டையில் ஏறவில்லை. டிப்ளமோ முடித்துவிட்டு வேங்கிக்கால் பக்கம் இந்த ஷோரூமில் சர்வீஸ் பார்க்கிறேன். பாஞ்சாலையைப் பற்றி மட்டும் எழுதிவிட்டு நான் ஒதுங்கிக்கொள்ளலாம் என்று பார்த்தேன். முடியாது என்று தெரிந்துவிட்டது.

பாஞ்சாலையின் புருஷன் அப்பாசாமி கட்டட வேலைக்கென்று பெங்களூர் போய் அங்கேயே இன்னொரு குடும்பம் வைத்துக்கொண்டார். பாஞ்சாலை அழுதுகொண்டு உட்காரவில்லை. ரமணாசிரமம் பக்கத்தில் ஒரு விடுதியில் பன்னிரண்டு வருஷம் படுக்கை விரிப்புகளைத் துவைத்தார். அந்தத் துவைப்பில்தான் மகள் கவிநிலா வேலூரில் நர்சிங் சேர்ந்தாள். நாற்பத்து நாலு வயதில், முதுகு இனிமேல் துவைக்க விடாது என்றானதும், பெண்களுக்கு ஆட்டோ ஓட்டக் கற்றுக்கொடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போய்க் கற்றுக்கொண்டார். சத்தமில்லாத, புகையில்லாத வண்டி என்று வெள்ளைக்காரர்கள் தேடி வந்து ஏறினார்கள். அவர்களிடமும் தமிழில்தான் பேசுவார், திட்டுவதும் தமிழில்தான்.

வண்டியோடு நாங்கள் கொடுக்கிற கையேட்டை இந்த ஊரில் முழுக்கப் படித்த ஒரே ஆள் அவர்தான். நானே படித்ததில்லை. ஓடி வந்த வண்டியை அரை மணி நேரம் ஆறவிட்டுத்தான் சார்ஜ் போடுவார். வெயிலில் போட மாட்டார், வீட்டுக்குள்ளும் போட மாட்டார், வாசலில் புங்கமர நிழலில்தான். ஒருமுறை நான் எக்ஸ்டென்ஷன் ஒயர் போட்டுச் சார்ஜ் பண்ணியதைப் பார்த்துவிட்டு, "இன்னா ஐயரே, பதினாலாம் பக்கத்துல போடக் கூடாதுன்னு போட்டிருக்குது, நீங்களே இப்படிப் பண்ணா?" என்றார். ஷோரூமே சிரித்தது.

வாங்கிய நாலாவது மாதமே பெட்டி பழுதானது. சார்ஜ் ஏறவில்லை. கார்த்திகை தீபத்துக்கு ஐந்து நாள் இருந்தது. நான்தான் பழைய பெட்டியைக் கழற்றிப் புதுப் பெட்டி மாட்டினேன். புதுப் பெட்டியின் நம்பரைக் கம்பெனியின் இணையதளத்தில் அன்றைக்கே ஏற்ற வேண்டும், பழைய பெட்டியைக் கம்பெனிக்குத் திருப்பி அனுப்ப வேண்டும். இரண்டும் விதி. ஆனால் தீபத்து வாரத்தில் எங்கள் ஊரில் கல்யாணப் பேச்சு நடக்காது, வீடு கட்டுகிற கொல்லத்துக்காரர் வர மாட்டார், பல் வலிக்குக்கூட ஜனங்கள் பொறுத்துக்கொள்வார்கள். எதைக் கேட்டாலும் "தீபம் முடியட்டும்" என்பதுதான் பதில். நானும் அதையே சொன்னேன். தீபம் முடிந்து பார்த்தால் பழைய பெட்டியைக் காணவில்லை. மேனேஜர் குமரேசன் அதைப் பழைய சாமான் வியாபாரியிடம் தள்ளிவிட்டிருந்தார். அன்றைக்கே ஏற்றாமல் தவறவிட்டால், பழைய பெட்டி கம்பெனிக்கு வந்து சேர்ந்த பிறகுதான் புது நம்பரை இணையதளம் ஏற்கும். "இருக்கட்டும் விசு, யார் பார்க்கப் போறா?" என்றார் குமரேசன். நானும் விட்டுவிட்டேன்.

அடுத்த ஆயுத பூஜை வந்தது. கடப்பாரையிலிருந்து கம்ப்யூட்டர் வரை கழுவிப் பொட்டு வைக்கிற நாள். சோறு போடுகிற பொருள் எதுவோ அதைத்தான் நன்றாகத் தேய்ப்பார்கள். ஆட்டோவில் சோறு போடுவது பெட்டி. பாஞ்சாலை சீட்டைத் தூக்கிவிட்டு, பாத்திரம் தேய்க்கிற பவுடரும் தேங்காய் நாரும் எடுத்துப் பெட்டியைப் பளபளவென்று தேய்த்தார். பெட்டியின் மேலிருந்த ஸ்டிக்கரும் அதோடு போயிற்று. நம்பர், கட்டம் கட்டமாக இருக்கிற குறி, தயாரித்த மாதம், எல்லாம் அதில்தான் இருந்தன. அழியாத ஸ்டிக்கராக ஒட்ட வேண்டும் என்று கம்பெனிக்கும் விதி உண்டு. எவன் பார்க்கிறான்? ஸ்டிக்கர் போன இடத்தில் மூன்று விரல் சந்தனம் இழுத்துக் குங்குமம் வைத்தார் பாஞ்சாலை.

தை மாதம் கம்பெனியிலிருந்து கடிதம் வந்தது. நாட்டில் அங்கங்கே வண்டிகள் எரிந்து ஆட்கள் செத்த பிறகு சர்க்கார் பேட்டரி விதிகளை இறுக்கியிருந்தது. சூட்டைத் தாங்குகிறதா, ஒரு பகுதி எரிந்தால் மற்றது தப்புமா, ஆள் தப்பி ஓட முன்கூட்டியே எச்சரிக்கை கொடுக்குமா என்று பல சோதனைகள். குறிப்பிட்ட மாதங்களில் செய்த பெட்டிகளில் கோளாறு இருப்பதாகக் கம்பெனியே ஒப்புக்கொண்டு, எல்லாவற்றையும் இலவசமாக மாற்றித் தரச் சொன்னது. நல்ல விதி. அதைக் குறை சொல்ல மாட்டேன். பாஞ்சாலையின் வண்டியில் நான் மாட்டிய பெட்டி அந்த மாதங்களில் செய்ததுதான்.

செய்தி கேட்டதும் முதல் ஆளாக வந்தவர் அவர். பெட்டியின் மேல் போனைக் காட்டினேன். படிக்க ஒன்றும் இல்லை. வெறும் இரும்பு மினுங்கியது.

"நம்பர் இல்லாத பெட்டியைக் கம்பெனி எடுக்காதும்மா" என்றார் குமரேசன்.

"பெட்டி கண்ணு முன்னால இருக்குதே சார்."

"எங்க பெட்டின்னு எப்படித் தெரியும்? வெளியில வாங்கிப் போட்டிருக்கலாம் இல்ல?"

பாஞ்சாலை என் பக்கம் திரும்பினார். "ஐயரே, நீங்கதானே மாட்டுனீங்க? சொல்லுங்களேன்."

பெட்டிக்குள்ளேயும் ஒரு நம்பர் உண்டு. திறந்தால் படிக்கலாம். ஆனால் கம்பெனி ஆளைத் தவிர யாரும் திறக்கக் கூடாது என்பது விதி. கம்பெனியோ வெளியே நம்பர் இருந்தால்தான் பெட்டியைக் கையில் வாங்கும். மிச்சம் இருந்த ஒரே சாட்சி நான். நான் வாயைத் திறந்தால், ஏன் நம்பரை ஏற்றவில்லை, பழைய பெட்டி எங்கே போயிற்று என்று கேள்வி வரும். குமரேசன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"விசாரிச்சுத்தான்மா சொல்லணும்" என்றேன்.

"சாமி வரம் குடுத்தாலும் பூசாரி குடுக்க மாட்டான்னு சும்மாவா சொன்னாங்க?" என்று சொல்லிவிட்டு அவர் சிரித்தார். பூசாரி வீட்டுப் பிள்ளையான நானும் கூடவே சிரித்தேன். அதை நினைத்தால் இன்றைக்கும் வாய் கசக்கிறது. அவர் போன பிறகு படிவத்தில் எழுதினேன்: 'லேபிள் இல்லை. பெட்டியை அடையாளம் காண இயலவில்லை.' கீழே என் கையெழுத்து.

இன்னும் இரண்டு முறை வந்தார். மூன்றாம் முறை அவரை வெளியே தனியாகக் கூப்பிட்டு, "கொஞ்ச நாள் வண்டியை ஓட்டாதீங்கம்மா" என்றேன்.

"ஓட்டாம? கவிநிலாவுக்கு இன்னும் ஒரு வருஷம் இருக்குது. ஜாகிரதையா ஓட்டிக்கிறேன், உடுங்க."

பங்குனியில் கம்பெனி எங்கள் ஷோரூமுக்குச் சான்றிதழ் அனுப்பியது. இணையதளத்தில் உள்ள பெட்டிகள் நூற்றுக்கு நூறு மாற்றப்பட்டனவாம். குமரேசன் அதைக் கண்ணாடி போட்டு மாட்டி, எல்லோருக்கும் லட்டு கொடுத்தார். நானும் தின்றேன்.

சித்திரையில் ஒரு நாள் முற்பகல் பதினோரு மணிக்குப் புங்கமர நிழலில் சார்ஜில் இருந்த வண்டி கத்த ஆரம்பித்தது. அந்த எச்சரிக்கைச் சத்தம் மட்டும் ஒழுங்காக வேலை செய்தது. கையேட்டில் இருந்தபடி பாஞ்சாலை மெயினை அணைத்தார், தெருப் பிள்ளைகளைத் துரத்தினார், தீயணைப்புக்குப் போன் பண்ணச் சொன்னார். அடுத்த விதி, விலகிப் போ என்பது. மரத்துக்கு அடுத்தாற்போல் இருந்தது பக்கத்து வீட்டு உண்ணாமுலையின் கீற்றுக் கொட்டகை. உள்ளே அவளுடைய ஆறு மாதக் குழந்தை தூளியில் தூங்கிக்கொண்டிருந்தது. அவள் தண்ணீர் பிடிக்கப் போயிருந்தாள். வாழ்க்கையில் முதல் தடவையாகப் பாஞ்சாலை விதியை மீறினார். சீட்டுக்கு அடியிலிருந்து புகை சீறும்போதே வண்டியைப் பிடித்துத் தள்ளிக்கொண்டு காலி மனைக்கு ஓடினார். வண்டி அங்கே எரிந்தது. கொட்டகையும் குழந்தையும் தப்பின. பாஞ்சாலையின் இரண்டு கைகளும் முழங்கை வரை வெந்துபோயின.

தீயைப் பற்றி விசாரிக்கச் சர்க்கார் ஆட்கள் இரண்டு பேர் ஷோரூமுக்கு வந்தார்கள். அதில் ஒருவர் என்னிடம் நேராகவே கேட்டார். "இது உங்க பெட்டியா?"

ஆமாம் என்று சொல்ல ஒரு விநாடி போதும். ஆனால் என் வீட்டில் இரண்டு பிள்ளைகள், ஸ்கூல் திறக்கிற நேரம். "நம்பர் இல்லாம சொல்ல முடியாது சார்" என்றேன். அவர் தலையாட்டிவிட்டு அதை அப்படியே எழுதிக்கொண்டார். அங்கீகாரமில்லாத பேட்டரியைப் பயன்படுத்தியிருக்கலாம் என்று அறிக்கை போயிற்று. என்னைப் போன்ற ஆட்கள் இருக்கிறவரைக்கும் எந்த விதி வந்து என்ன?

அதோடு விட்டதா? கருகிய பெட்டி அந்தக் காலி மனையிலேயே கிடந்தது. மனைக்காரர் சத்தம் போட்டதும், உண்ணாமுலையின் புருஷன் அதை மணல் சட்டியில் தூக்கி வந்து பாஞ்சாலை வாசலில் வைத்தார். பழைய சாமான் கடைக்காரர், "லித்தியமா? வேணாம்மா, என் கடையே போயிடும்" என்றார். குப்பை வண்டி எடுக்கவில்லை. ஒரு அலுவலகத்தில், பழைய பேட்டரியைச் செய்தவர்தான் திரும்ப வாங்க வேண்டும், அதுதான் விதி என்றார்கள். உண்மைதான். செய்தவர் தன்னுடையது இல்லை என்றார். இரண்டு மாதம் அது யாருடையதுமில்லாத பொருளாக வாசலில் கிடந்தது.

ஆடி மாதம் மாசுக் கட்டுப்பாட்டு அலுவலகத்திலிருந்து பாஞ்சாலைக்கு நோட்டீஸ் வந்தது. அதை இரண்டு மணிக்கட்டுக்கு நடுவில் இடுக்கிக்கொண்டு சாப்பாட்டு நேரத்தில் ஷோரூமுக்கு வந்தார் பாஞ்சாலை. கட்டுப் பிரித்திருந்தார்கள். விரல்கள் மடங்கியபடியே இருந்தன.

"கவிநிலாவுக்குப் பரீட்சை. அவகிட்ட சொல்லல. நீங்க படிச்சுச் சொல்லுங்க ஐயரே."

படித்தேன். குடியிருப்புப் பகுதியில் ஆபத்தான கழிவை வைத்திருப்பது ஏன், அந்தப் பேட்டரி யாருக்குச் சொந்தம், ஏழு நாளுக்குள் எழுத்து மூலம் பதில் தர வேண்டும்.

"பதில் எழுதணும்மா."

"எழுதுங்க. எனக்குத்தான் பேனா புடிக்க வரலியே."

எழுத ஆரம்பித்தேன். பெயர், முகவரி, வண்டி நம்பர். அடுத்த வரியில் பேனா நின்றுவிட்டது. அவர் என் முகத்தைப் பார்த்தார். கோபம் இல்லை. கோபப்பட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

"அந்தத் தீபத்து வாரம் நீங்க மாட்டுனது எனக்கு மறந்தா போச்சு?" என்றார். "உங்க வேலை போனா உங்க புள்ளைங்களுக்கு யாரு இருக்குறாங்க? என்னுதுன்னே எழுதுங்க."

இந்த முறை கை நிற்கவில்லை. 'பேட்டரி எனக்குச் சொந்தமானது' என்று எழுதினேன்.

கையெழுத்துக்குப் பதில் ரேகை வைக்கலாம் என்று மேஜையிலிருந்த மைப்பெட்டியைத் திறந்தேன். அவருடைய கட்டைவிரலை நானே பிடித்து மையில் வைத்துக் காகிதத்தில் அழுத்தினேன். விரல் வழவழவென்று இருந்தது. காகிதத்தில் கறுப்பாக ஒரு வட்டம் விழுந்தது. ஒரு கோடுகூட இல்லை. இன்னொரு தடவை அழுத்தினேன். அப்போதும் அதே வட்டம்தான்.

"இதை வாங்கிப்பாங்களா ஐயரே?" என்று கேட்டார்.

வாங்க மாட்டார்கள் என்று எனக்குத் தெரியும். அதைக்கூட நான் சொல்லவில்லை.