ஓரோ என்ற பேர் வந்த வழி

அக்காவுக்குச் சம்பளமே சந்தேகப்படுவதற்குத்தான். சட்டை தைக்கும் தொழிற்சாலையில் செக்கிங் பிரிவு. தைத்து முடித்த சட்டை மேசைக்கு வந்ததும் காலரைத் திருப்புவாள், கையை உள்பக்கமாகப் புரட்டுவாள், கடைசியில் வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடிப்பாள். ஊர்க் கண்ணுக்கெல்லாம் தப்பிய விட்டுப்போன தையல் அவள் கண்ணில் வந்து உட்காரும். வேலை முடிந்து பையைத் தோளில் மாட்டினாலும் அந்தக் கண்ணைக் கழற்றி வைக்க அவளுக்குத் தெரியாது. காய்கறிக்காரர் சிரித்தால் அவள் தராசைப் பார்ப்பாள். பக்கத்து வீட்டார் அதிகமாக நலம் விசாரித்தால் என்ன கேட்க வந்தார்களோ என்று காத்திருப்பாள்.

அப்பேர்ப்பட்டவளிடம், பால் புட்டி கழுவிக்கொண்டிருந்த நேரத்தில், குழந்தைக்கு வைக்கப்போகும் பேரைத் தங்கை சொன்னாள்.

"ஓரோ."

அக்கா குழாயை மூடினாள். அப்படியென்றால் என்ன என்று கேட்டதற்கு, சும்மா வாயில் வந்தது என்றாள் தங்கை. அங்கேதான் அக்காவுக்கு விட்டுப்போன முதல் தையல் தெரிந்தது. ஏனென்றால், தங்கை வாயில் எதுவும் சும்மா வராது. அளந்து பேசுகிறவள். அம்மா அப்பா போன பிறகு அவளைத் தூக்கி வளர்த்தது அக்காதான். அவளைத் தூக்கி வளர்த்தது என்பதைவிட, ஏறிய இடத்திலிருந்து இறக்கி வளர்த்தது என்றால் சரியாக இருக்கும். பீரோ மேல், மதில் மேல், தண்ணித் தொட்டி ஏணி மேல் என்று எங்கே உயரம் இருந்ததோ அங்கே அவள் இருப்பாள். கீழே நின்று அக்கா கத்துவாள். மேலேயிருந்து பதில் வராது. தானாக இறங்கி வந்து, "எதுக்குக் கத்துற, நான்தான் இறங்கிட்டேன்ல" என்பாள்.

அந்த ஏறுகிற பழக்கமே கடைசியில் சோறு போட்டது. சரக்குப் பெட்டிகளை அடுக்குகிற ஒரு பெரிய யார்டில் கிரேன் ஓட்டக் கற்றுக்கொண்டாள். வீடு அளவு இரும்புப் பெட்டியை முட்டையை வைப்பதுபோல் லாரி மேல் வைப்பாள். அந்த யார்டில் மேலே போய் உட்கார்ந்த முதல் பொம்பளை அவள்தான். இதை அக்கா யாரிடம் சொல்லாமல் விட்டாள்? பஸ் கண்டக்டரிடம் சொன்னாள், பல் டாக்டரிடம் வாயைத் திறந்து வைத்துக்கொண்டே சொன்னாள். வயிற்றில் குழந்தை என்று தெரிந்தபோது மாப்பிள்ளை கப்பலுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார். இஞ்சின் அறையில் வேலை. போனால் திரும்ப மாதக்கணக்காகும். இனிமேல் ஏணி ஏறக் கூடாது என்று சொல்லிவிட்டுப் போனார். தங்கையும் சரி என்றாள். ஆபீசுக்கு மாற்றிவிட்டார்கள், கேட் பாஸில் முத்திரை குத்துகிற வேலை என்றாள். அக்கா நிம்மதியாகத் தூங்கினாள்.

இப்போது அந்தத் தூக்கம் போயிற்று. பேரைப் பற்றி எதிர்வீட்டு டீச்சர் வாசலில் நிறுத்திச் சொன்னார், ஏதோ ஒரு குருவியின் பேராமே, உங்கள் தங்கைதான் சொன்னாள் என்று. அடுத்து தங்கையின் மாமியார் குழந்தையைப் பார்க்க வந்தார். ஏதோ ஒரு நாட்டுப் பாஷையில் ஓரோ என்றால் தங்கமாம், மருமகள் அப்படித்தான் சொல்லியிருக்கிறாள். அவருக்குப் பேர் பிடிக்கவில்லை.

"பேரக் கேட்டா ஆணா பொண்ணான்னு தெரிய வேணாமா? ஓரோவாம், யாரோவாம்."

அக்கா சிரித்து வைத்தாள். சிரிப்பு தொண்டைக்குக் கீழே இறங்கவில்லை. தன்னிடம் சும்மா, டீச்சரிடம் குருவி, மாமியாரிடம் தங்கம். ஒரு சட்டைக்கு மூன்று காலர் வைத்தால், அதில் ஒன்றுகூட அந்தச் சட்டையுடையது இல்லை என்றுதான் அர்த்தம்.

நாலாவது காலர் கப்பலிலிருந்து வந்தது. மாப்பிள்ளை போன் பண்ணினார். தங்கைக்கு இல்லை, அக்காவுக்கு. குரலில் வழக்கமான கேலி இல்லை. தன்னிடம் அது ஒரு நட்சத்திரத்தின் பேர் என்று சொன்னவள், தன் அம்மாவிடம் தங்கம் என்று சொன்னது ஏன் என்று கேட்டார்.  பிறகு சொன்னார்:

"அக்கா, அது யாரோ ஒருத்தரோட பேரா? நீங்க விசாரிச்சு வையுங்க. நான் வந்து இறங்கினதும் உங்ககிட்டதான் கேப்பேன். நீங்க என்ன சொன்னாலும் நம்புறேன்."

நம்புகிறேன் என்ற வார்த்தை அக்காவின் தலையில் கல்லாக உட்கார்ந்தது. அவள் சொல்லப்போகிற ஒரு வாக்கியத்தில் தங்கை குடும்பம் நிற்கும், அல்லது நிற்காது. பொய் சொல்லி அவளுக்குப் பழக்கமில்லை. உண்மையோ என்னவென்றே தெரியவில்லை.

அன்றிலிருந்து அவள் தங்கையைச் சட்டையைப் பார்ப்பதுபோல் பார்க்கத் தொடங்கினாள். போன் அடித்தால் யார் என்று கேட்காமல் முகத்தைப் பார்த்தாள். குழந்தையின் மூக்கைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். மாப்பிள்ளையின் மூக்குதான், ஆனால் மூக்கு எல்லாருக்கும் இருக்கிறது. தங்கை குழந்தையைத் தூங்கவைக்கும்போது "ஓரோ, ஓரோ" என்று முணுமுணுத்தாள். அந்தக் குரலில் ஒரு நெருக்கம் இருந்தது, பிறந்து கொஞ்ச மாதமே ஆன ஒன்றிடம் வருகிற நெருக்கம் இல்லை, வெகுகாலமாகச் சொல்லிச் சொல்லித் தேய்ந்த சொல்லில் வருகிற நெருக்கம்.

யார்டிலிருந்து ஒருநாள் ஆள் சொல்லி அனுப்பினார்கள். தங்கை லீவில் இருப்பதால் அவள் லாக்கர் வேறொருவருக்கு வேண்டும், சாவியைக் கொடுத்துவிடுங்கள் என்று. நானே போய்க் கொடுக்கிறேன் என்றாள் அக்கா. தங்கை படக்கென்று எழுந்தாள். நீ எதுக்கு வெயிலில் அலையணும், யாரையாவது அனுப்பலாம், அங்கே லாரியெல்லாம் வரும் என்று அடுக்கினாள். லாரி வருகிற இடத்தில்தான் அவள் இத்தனை வருஷம் வேலை பார்த்தாள். அக்கா செருப்பை மாட்டினாள்.

யார்டு வாசலில் தகரக் கூரை போட்ட சின்ன அறை. செக்யூரிட்டி சாவியை வாங்கிக்கொண்டார். அவர் தலைக்குமேல் ஆணியில் ஒரு வாக்கி டாக்கி தொங்கியது. அக்கா திரும்புகிற நேரம் பார்த்து அது பேசியது.

"ஓரோ, ஓரோ. இடது பக்கம் கொஞ்சம் வா."

"ஓரோ. இடது பக்கம்."

பதில் சொன்னது ஆண் குரல். கரகரத்த, நிதானமான, நடுவயசு ஆண் குரல்.

அக்கா திரும்பி வந்தாள். ஓரோ என்பது யார் என்று செக்யூரிட்டியிடம் கேட்டாள், ஏதோ விலாசம் கேட்பதுபோல. அவர் தூரத்தில் நின்ற பெரிய கிரேனைக் காட்டினார். மேலே இருக்கிறாராம். இப்போது இறங்கிவிடுவாராம். உட்காருங்கள் என்று ஸ்டூலை வேறு துடைத்துப் போட்டார்.

உட்காராமல் நின்றாள். ஏணியில் ஒரு ஆள் இறங்கி வந்தான். அடர்ந்த மீசை, இடுப்பில் தொங்கும் ஹெல்மெட், கையில் டிபன் பாக்ஸ். கிட்டே வரவர அக்கா பார்வையை ஓட்டினாள். காது, மோவாய், நெற்றி. புருவத்தைப் பார்க்கலாமென்றால் குழந்தைக்கு இன்னும் ஒழுங்காகப் புருவமே முளைக்கவில்லை. எதை எதோடு ஒட்டவைப்பது?

"நீங்கதானே ஓரோ?"

அவன் ஹெல்மெட்டைச் சரி பண்ணிக்கொண்டே சொன்னான். "இப்ப இல்லக்கா. இறங்கிட்டேன்ல."

"இப்ப இல்லன்னா?"

"இவ்வளவு நேரம் நான். இனிமே அவன்." ஏணியில் ஒல்லியாக ஒருவன் ஏறிக்கொண்டிருந்தான்.

ஒருத்தனே பெரும்பாடு என்று வந்தால் இங்கே இரண்டு பேர்.  செக்யூரிட்டி துடைத்துப் போட்ட ஸ்டூலில் போய் உட்கார்ந்தாள். அவளுடைய முகத்தைப் பார்த்துவிட்டு யார்டு மேஸ்திரி வந்தார். யார், எவர் என்று விசாரித்தார். தங்கையின் அக்கா என்று தெரிந்ததும் மரியாதையாக நின்றார்.

ஓரோ என்பது ஆளின் பேர் இல்லை, சீட்டின் பேர் என்றார் அவர். அந்தக் கிரேனில் யார் போய் உட்கார்ந்தாலும் அவர்தான் ஓரோ. இறங்கினால் பழைய பேருக்குத் திரும்பிவிடுவார். முன்பெல்லாம் சொந்தப் பேரைச் சொல்லித்தான் கூப்பிட்டார்களாம். ஒருநாள் மேலே ஒருத்தன், கீழே ஒருத்தன், இரண்டு பேருக்கும் ஒரே பேர். கீழே நின்றவனைப் பேர் சொல்லி வாடா என்று கூப்பிட்டதற்கு மேலே இருந்தவன் பெட்டியை இறக்கிவிட்டான். மேஸ்திரி தன் வலது ஷூவைத் தூக்கிக் காட்டினார். முன்பாகம் தட்டையாக மடங்கிக் கிடந்தது. அதற்குள் இரண்டு விரல் இல்லை.

காயம் ஆறி வந்ததும் இஞ்சினையெல்லாம் ஓடவிட்டு, கிரேனுக்கு அடியில் நின்று, வாக்கி டாக்கியில் ஒவ்வொரு சொல்லாகக் கத்திப் பார்த்தாராம். ராஜா, சிங்கம், மேகம், எது சொன்னாலும் சத்தம் பாதியைத் தின்றுவிட்டது. வாய்க்கு வந்ததையெல்லாம் சொல்லி, கடைசியில் ஓரோ என்றபோது மேலேயிருந்து பளிச்சென்று பதில் வந்தது.

"அர்த்தம்?" என்றாள் அக்கா.

"கேக்கும். அதான் அர்த்தம்."

ஆம்பளை ஏறினாலும் ஓரோ, பொம்பளை ஏறினாலும் ஓரோ, அதற்கு ஆண் பெண் கிடையாது என்றார். அக்காவுக்கு மூச்சு வந்தது. வந்த மூச்சை அவரே அடுத்த வாயில் நிறுத்தினார்.

"உங்க தங்கச்சிதான் அதுல கெட்டி. வயித்துல புள்ளைய வெச்சுக்கிட்டு ஆறாம் மாசம் வரைக்கும் ஓரோவா இருந்துச்சே."

சொல்லிவிட்டு அக்காவின் முகத்தைப் பார்த்தார். நாக்கைக் கடித்துக்கொண்டார். ஏறும்போது முன்னால் ஒருவர் பின்னால் ஒருவர் போவோம் என்று ஏதோ சமாதானம் சொன்னார். அது அவள் காதில் ஏறவில்லை.

வீட்டுக்கு வந்தாள். கைகால் கழுவினாள். குழந்தையின் துணிகளை மடித்தாள், ஓரம் ஓரத்தோடு சேர. பிறகு கேட்டாள்.

"கேட் பாஸ்ல என்ன கலர் முத்திரை குத்துவாங்க?"

தங்கை திரும்பினாள். "யாரு சொன்னா?"

"ஓரோ சொன்னாரு. எந்த ஓரோன்னு கேக்காத, அங்க ஒரு படையே இருக்கு."

தங்கைக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரிப்போடு அழுகையும் வந்தது. ஒருமுறை ஆபீசில் உட்கார்ந்துவிட்டால் மறுபடி ஏற்றமாட்டார்கள் என்றாள். அவளுக்குப் பின்னால் பயிற்சிக்கு வந்த ஒருத்தியை அப்படித்தான் நாற்காலியில் உட்காரவைத்தார்கள், இன்றுவரை எழுந்திருக்கவில்லை. அதனால் முடிந்தவரை ஏறினாளாம். குழந்தை முதன்முதலாக அசைந்தது மேலேதானாம். கீழேயிருந்து ஓரோ என்று கூப்பிட்டதும் உள்ளே ஒரு உதை. இவள் பதில் சொல்வதற்குள் அது சொல்லிவிட்டது. அதன் பிறகு ஒவ்வொரு தடவையும் அப்படித்தான். ஆணா பெண்ணா என்று தெரியாத காலத்திலேயே அது அந்தப் பேருக்குப் பதில் சொல்லிவிட்டதே, வேறு என்ன பேர் வைப்பது என்றாள்.

அக்காவுக்குக் கோபம் இருந்தது. ஏறியதற்கு ஒரு பங்கு, தன்னிடம் மறைத்ததற்கு மூன்று பங்கு.

"உன் வீட்டுக்காரர் வந்து என்கிட்டதான் கேப்பாரு."

"குருவின்னு சொல்லிடேன் அக்கா. தெரிஞ்சா திரும்ப ஏற விடமாட்டாரு."

"அவருக்கு நட்சத்திரம்னு சொல்லிருக்க. பொய்யாவது ஒண்ணாச் சொல்லணும்னு தோணலையா உனக்கு?"

மாப்பிள்ளை வந்தார். பையை இறக்கிவைத்தார், உட்காரவில்லை. தொட்டில் பக்கம் போகவும் இல்லை. "கேட்டீங்களாக்கா?" என்றார்.

தங்கை சுவரோடு சுவராக நின்றாள். அக்கா ஒரு சட்டையை மேசையில் வைப்பதுபோல வார்த்தையை வைத்தாள்.

"எந்த ஆளோட பேரும் இல்ல தம்பி. நானே நேர்ல போய்ப் பாத்தேன். அதுல ஒரு குறையும் இல்ல, என் பேரைச் சொல்லி நம்பலாம். மீதி இருக்கு. அத அவதான் சொல்லணும், நான் இங்கயேதான் இருப்பேன்."

தங்கை சொன்னாள். ஆபீஸ், முத்திரை, ஏணி, உதை எல்லாவற்றையும் சொன்னாள். மாப்பிள்ளை கத்துவார் என்று அக்கா எதிர்பார்த்தாள். கத்தினால் குறுக்கே விழத் தயாராகவும் இருந்தாள். அவர் கத்தவில்லை.

"மொதல்ல உதைச்சப்ப கட்டில்ல படுத்திருந்தேன்னு போன்ல சொன்ன."

"ம்."

"எத்தன தடவ அத நெனச்சுப் பாத்திருப்பேன் தெரியுமா? அந்தக் கட்டில், அந்த ஜன்னல். எல்லாம் பொய்யா?"

 அவர் பால்கனியில் போய் நின்றார். காபி ஆறி ஏடு படிந்தது. அக்கா இரண்டு தரம் சூடு பண்ணினாள். மூன்றாவது தரம் அவரே உள்ளே வந்து குடித்தார். பிறகு தொட்டிலண்டை குனிந்து, இஞ்சின் சத்தத்துக்கு மேலே பேசிப் பழகிய தொண்டையில் கூப்பிட்டார்.

"ஓரோ."

குழந்தை கைகால் ஆட்டுவதை நிறுத்தியது. கண்ணை உருட்டி அவர் பக்கம் திரும்பிப் பார்த்தது. அவர் முகம் தையல் பிரிந்ததுபோல் தளர்ந்தது. தங்கையைப் பார்க்காமலே கேட்டார், மறுபடி ஏறப் போகிறாயா என்று. லீவு முடிந்ததும் என்றாள் அவள்.

"ஏறு. பொய் சொல்லிட்டு ஏறாத."

பேர் நின்றது. மாமியாருக்கு மட்டும் அது தங்கமாகவே இருக்கட்டும் என்று மூன்று பேரும் விட்டுவிட்டார்கள். தங்கை லீவு முடிந்து ஏறினாள். இப்போதும் மேலேதான் இருக்கிறாள். அக்கா இப்போது கண்டக்டரிடம் கிரேன் கதையோடு பேர் வந்த கதையையும் சேர்த்துச் சொல்கிறாள்.

ஒன்றை மட்டும் யாரிடமும் சொன்னதில்லை. மாப்பிள்ளை வந்த மறுநாள், தங்கை குளிக்கப்போன நேரம், அக்கா தொட்டிலுக்குப் பின்னால் போய் நின்று ஓரோ என்றாள். குழந்தை ஆட்டத்தை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தது. அதோடு விட்டிருக்கலாம். செக்கிங் கண் விடவில்லை. அதே தொனியில், அதே சத்தத்தில், "சோப்பு" என்றாள்.

அதற்கும் திரும்பிப் பார்த்தது.

அக்கா சட்டென்று வாசல் பக்கம் பார்த்தாள். யாரும் இல்லை. குழந்தையைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டாள்.