பூனைக்கு விழுந்த ஏச்சு

வாப்பா சவூதியில் இருந்த வருடங்களில், அன்றாடம் நடப்பதையெல்லாம் போனில் பேசிப் பதிந்து அவருக்கு அனுப்புவது என் வேலை. மேலப்பாளையத்தில் எங்கள் வீட்டில் சத்தமில்லாத இடம் மொட்டைமாடி மட்டும்தான். வாய்க்காலில் தண்ணீர் வந்ததையும் தோழியோடு சண்டை போட்டதையும் அங்கே நின்று தெளிவாகச் சொல்வேன். வாப்பாவோ, "அடுப்படில நின்னு பேசும்மா" என்பார். மிக்சி இரைச்சலில் என்ன கேட்கும் என்று எனக்கு எரிச்சலாக வரும். உம்மாவுக்குப் போனில் பேசக் கூச்சம். "நல்லா இருக்கேம்னு சொல்லு" என்பதோடு சரி.

விடுமுறைக்கு வந்த வாப்பா, தன் போனில் ஒரு பதிவை எனக்குப் போட்டுக் காட்டினார். மழை பெய்த ஒரு நாள் அடுப்படியில் நின்று நான் பேசியது. என் கணக்கு மார்க்கைப் பற்றிப் புலம்பிக்கொண்டிருந்தேன்.

"பின்னால கேளு" என்றார்.

மீன் சட்டியை உருட்டிய பூனையை உம்மா ஏசிக்கொண்டிருந்தாள்.

"இத எத்தன தடவ கேட்டிருப்பேன் தெரியுமா?"

அடுப்படியில் கரண்டிச் சத்தம் நின்றது.

அவர் திரும்பிப் போன பிறகு, நான் அடுப்படியில் நின்று போனை எடுத்தாலே உம்மா பூனையை உரக்க ஏசத் தொடங்கிவிடுவாள். பல நாள் அங்கே பூனையே இருக்காது.